ஸ்விஃப்ட் முன் பிரேக் பேட்: இடது பக்கம் உள் பேட் மட்டும் தேய்ந்திருக்கிறது, வீட்டிலேயே மாற்றலாமா?

சேலத்துச் சக்கரம்:

மாருதி ஸ்விஃப்ட் பெட்ரோல், 52,000 கி.மீ. ஓடிய வண்டி. முன் பேட் இதுவரை மாற்றவில்லை. மெதுவாகப் போகும்போது இடது முன் சக்கரத்தில் கிரீச்சென்று சத்தம், பிரேக்கை மிதித்தால் சத்தம் மாறுகிறது. சக்கரத்தைக் கழற்றிப் பார்த்ததில் இடது பக்கம் உள் பேடில் 2 மிமீதான் மிச்சம், வெளிப் பேடில் 6 மிமீ. வலது பக்கம் இரண்டிலும் ஏறக்குறைய 5 மிமீ. டிஸ்க்கில் லேசான கோடுகள், ஓரத்தில் வரம்பு போலச் சின்ன மேடு.

மெக்கானிக் பேட், டிஸ்க், அந்த டிஸ்க்கை இருபுறமும் பேடால் கவ்விப் பிடிக்கும் காலிப்பர் எல்லாவற்றையும் மாற்றச் சொல்கிறார். இடது பக்கம் மட்டும் பேட் மாற்றினால் போதாதா? டிஸ்க்கும் அவசியமா? ஜாக்கி, வீல் ஸ்பேனர், சாக்கெட் செட், சி கிளாம்ப் இருக்கின்றன. டார்க் ரெஞ்ச் (இறுக்கும் விசையை அளந்து காட்டும் ஸ்பேனர்) இல்லை. அடுத்த மாதம் கொல்லிமலை போகிற திட்டம் வேறு இருக்கிறது.

பட்டறைப் பக்கம்:

வீட்டிலேயே செய்யலாம். ஆனால் உங்கள் வண்டிக்குப் பேட் மாற்றுவது பாதி வேலைதான். உள் பேட் 2, வெளிப் பேட் 6 என்றால் காலிப்பர் நகரவில்லை என்று அர்த்தம். காரணத்தைச் சரிசெய்யாமல் புதுப் பேட் போட்டால் அதுவும் இதே மாதிரிதான் தேயும்.

இந்தக் காலிப்பரில் பிஸ்டன் ஒன்றுதான், அதுவும் உள் பக்கம். பிரேக்கை மிதித்ததும் அது உள் பேடை டிஸ்க் மேல் தள்ளும். அந்த எதிர்விசையில் காலிப்பர் முழுதும் இரண்டு ஸ்லைடு பின்கள் மேல் நகர்ந்து வெளிப் பேடை இழுத்துப் பிடிக்கும். பின் ஜாம் ஆகிவிட்டால் வெளிப் பேட் சும்மா நிற்கும், வேலை முழுவதும் உள் பேட் தலையில் விழும். பிஸ்டன் திரும்ப உள்ளே போகாமல் உரசிக்கொண்டே இருந்தாலும் உள் பேட்தான் முதலில் கரையும். இரண்டில் எது என்று கழற்றியதும் தெரிந்துவிடும்.

பேட் எப்போதும் இரண்டு பக்கமும் சேர்த்துத்தான். கடையில் நான்கு பேட் கொண்ட செட்டாகவே தருவார்கள். ஒரு பக்கம் பழசு, ஒரு பக்கம் புதுசு என்றால் பிரேக் பிடிக்கும்போது வண்டி ஒரு பக்கம் இழுக்கும்.

வேலை முறை: சமதளமான கெட்டித் தரை, ஹேண்ட் பிரேக் போட்டு, முதல் கியரில் நிறுத்தி, பின் சக்கரங்களுக்கு முன்னும் பின்னும் கல் முட்டுக் கொடுங்கள். சக்கரம் தரையில் இருக்கும்போதே வீல் நட்டுகளைக் கால் சுற்று தளர்த்திவிட்டுப் பிறகு ஜாக்கி. வண்டியோடு வந்த ஜாக்கியை மட்டும் நம்பி வேலை செய்யாதீர்கள். ஜாக்கி ஸ்டாண்ட் வேண்டும். கழற்றிய சக்கரத்தையும் வண்டியின் அடிச்சட்டத்துக்குக் கீழே படுக்க வைத்துவிடுங்கள், ஸ்டாண்ட் சறுக்கினாலும் வண்டி அதன் மேல்தான் உட்காரும். ஒரு பக்கம் முடித்த பிறகே மறுபக்கம் கழற்றுங்கள். எது எப்படி இருந்தது என்ற சந்தேகம் வந்தால் மறுபக்கத்தைப் பார்த்துக்கொள்ளலாம்.

ஸ்டீயரிங்கைத் திருப்பிவைத்தால் காலிப்பரின் பின்புறம் கைக்கு வசமாக வரும். கீழ்ப் பின்னின் போல்ட்டைக் கழற்றிக் காலிப்பரை மேலே மடக்கினாலே பேட் வெளியே வந்துவிடும், ஆனால் உங்களுக்கு இரண்டு பின்னையும் பார்க்க வேண்டும், எனவே இரண்டு போல்ட்டையும் எடுங்கள். போல்ட்டோடு பின்னும் சேர்ந்து சுற்றினால் பின்னின் தட்டையான பகுதியை ஒல்லியான ஓபன் ஸ்பேனரால் பிடித்துக்கொள்ளுங்கள். கழன்ற காலிப்பரைப் பிரேக் ஹோஸில் தொங்கவிடக் கூடாது. ஒரு கம்பியால் சஸ்பென்ஷன் ஸ்பிரிங்கில் கட்டிவிடுங்கள்.

இப்போது ஸ்லைடு பின்கள். ரப்பர் பூட் (பின்னைத் தூசி படாமல் மூடும் உறை) உள்ளே கையால் தள்ளினால் வழுக்கிக்கொண்டு போக வேண்டும். போகாவிட்டால் வெளியே இழுத்து, பழைய கிரீஸை பிரேக் கிளீனரால் கழுவி, துரு இருந்தால் 400 நம்பர் உப்புத்தாளால் லேசாகத் தேயுங்கள். குழி விழுந்திருந்தால் பின்னை மாற்றிவிடுங்கள். துளைக்குள்ளும் பழைய கிரீஸ் கட்டியாக இருக்கும், அதையும் சுரண்டி எடுக்க வேண்டும். பிறகு பிரேக்குக்கென்று விற்கும் சிலிக்கான் கிரீஸ் மெல்லிய பூச்சாக. வீல் பேரிங் கிரீஸ் போட்டால் ரப்பர் பூட் ஊதிப் பின்னை இறுக்கிப் பிடித்துக்கொள்ளும், பிறகு முன்பைவிட மோசமாக ஜாம் ஆகும். அளவுக்கு மீறித் திணித்தாலும் உள்ளே காற்று அடைபட்டு ஸ்லைடு பின் துள்ளி வெளியே வரும். மேல் பின்னும் கீழ்ப் பின்னும் சில காலிப்பர்களில் வேறு வேறு, ஒன்றின் நுனியில் ரப்பர் உறை இருக்கும். இடம் மாற்றிப் போட்டால் அதுவே ஒரு பிரச்சினை.

பேட் உட்காரும் பிராக்கெட்டில் மெல்லிய ஸ்டீல் கிளிப்புகள் இருக்கும். அதன் அடியில் சேரும் துரு கிளிப்பைத் தூக்கிவிடும், பேட் காதுகள் இறுகிவிடும். கிளிப்பைக் கழற்றி, கம்பி பிரஷால் அடியைச் சுத்தம் செய்து புதுக் கிளிப் போடுங்கள். புதுப் பேட் விரலால் தள்ளினால் நகர வேண்டும். சுத்தியலால் தட்டி ஏற்றும் நிலை என்றால் எங்கோ துரு மிச்சம் இருக்கிறது.

பிஸ்டனை உள்ளே தள்ள, பழைய பேடை அதன் மேல் வைத்து சி கிளாம்ப்பால் மெதுவாக அழுத்துங்கள். அதற்கு முன் பானெட்டைத் திறந்து பிரேக் ஆயில் டப்பாவின் மட்டத்தைப் பாருங்கள். பேட் தேயத் தேய மட்டம் தானாக இறங்கும், யாராவது இடையில் ஊற்றி நிரப்பியிருந்தால் இப்போது பொங்கி வழியும். சிரிஞ்சால் கொஞ்சம் உறிஞ்சி எடுத்துவிடுங்கள். அந்த ஆயில் பெயிண்ட்டைத் தின்றுவிடும், சிந்தினால் உடனே தண்ணீர் ஊற்றிக் கழுவுங்கள்.

தேய்மானம் காட்டும் தகரம் உள்ள பேட் பழைய செட்டில் எந்தப் பக்கம், எந்த முகமாக இருந்ததோ அப்படியே வர வேண்டும். பேடின் பின்தகடு பிஸ்டனையும் பிராக்கெட்டையும் தொடும் இடங்களில் மட்டும் கிரீஸ் தடவலாம். உரசும் முகத்தில் ஒரு கைரேகை அளவு பட்டாலும் துடைத்துவிட்டுத்தான் மாட்ட வேண்டும். தூசியை ஏர் அடித்து ஊதாதீர்கள், மாஸ்க் போட்டு ஈரத் துணியால் துடையுங்கள்.

எல்லாம் மாட்டியதும் வண்டியை ஸ்டார்ட் செய்வதற்கு முன் பெடலை மிதியுங்கள். முதல் மிதி அடிவரை போகும், ஏனென்றால் பிஸ்டன் உள்ளே தள்ளப்பட்டிருக்கிறது. சின்னச் சின்ன மிதியாகக் கெட்டியாகும்வரை மிதிக்க வேண்டும். ஒரேயடியாகத் தரைவரை அழுத்தினால், பெடல் இயக்கும் பழைய மாஸ்டர் சிலிண்டரில் வழக்கமாகப் போகாத துருப் பகுதியில் சீல் உரசிக் கிழியலாம். இப்படி மிதித்துக் கெட்டியாக்க மறந்து ரிவர்ஸ் எடுத்துச் சுவரில் போய் இடிப்பவர்கள் இருக்கிறார்கள்.

மைக்ரோமீட்டர்:

மேலே சொன்னது எல்லாம் சரி, டிஸ்க் பற்றி மட்டும் சேர்க்கிறேன்.

டிஸ்க்கின் குறைந்தபட்சத் தடிமன் டிஸ்க்கிலேயே, நடுப்பகுதியிலோ ஓரத்திலோ பொறிக்கப்பட்டிருக்கும். துருவைத் துடைத்துப் பாருங்கள். சாதாரண வெர்னியரால் ஓரத்தில் அளந்தால் அந்த ஓர மேட்டையும் சேர்த்து அளந்துவிடுவீர்கள், ஒரு மில்லிமீட்டர்வரை ஏமாறலாம். மைக்ரோமீட்டரால், ஓரத்திலிருந்து ஒரு சென்டிமீட்டர் உள்ளே தள்ளி, சுற்றிலும் ஆறேழு இடத்தில் அளக்க வேண்டும். எங்குமே குறைந்தபட்சத்துக்கு மேல் இருந்து, பிரேக் பிடிக்கும்போது பெடல் துடிக்காமலும் ஸ்டீயரிங் ஆடாமலும் இருந்தால் டிஸ்க்கைத் தொட வேண்டாம். லேசான கோடுகள் எல்லா டிஸ்க்கிலும் இருக்கும், புதுப் பேட் அதற்கேற்பப் படிந்துகொள்ளும். நகம் நன்றாக மாட்டி நிற்கும் ஆழமான பள்ளம், நீல நிறத் திட்டுகள், விரிசல், இவற்றில் ஏதாவது இருந்தால் மட்டும் யோசியுங்கள்.

டிஸ்க்கின் முகத்தை லேத்தில் சீவிச் சமமாக்க, கடைசல் போடச் சொல்வார்கள். கடைசலுக்குப் பிறகும் குறைந்தபட்சத்தைவிட ஒரு மில்லிமீட்டராவது மிச்சம் இருந்தால்தான் பயன், இல்லாவிட்டால் கூலி வீண். இந்த அளவு வண்டிகளுக்கு டிஸ்க்கும் பேட் போலத் தேய்ந்து மாற்றும் பொருள்தான் என்பது என் கருத்து.

புது டிஸ்க் போட்டால், அது உட்காரும் ஹப் முகத்தில் உள்ள துருவை முழுதும் சுரண்டுங்கள். அங்கே ஒட்டியிருக்கும் ஒரு துருத் துணுக்கு டிஸ்க்கைச் சாய்த்து உட்கார வைத்துவிடும். முதலில் ஒன்றும் தெரியாது. சில ஆயிரம் கிலோமீட்டரில் டிஸ்க் ஒரே இடத்தில் தேய்ந்து தடிமன் மாறும், பெடல் துடிக்கத் தொடங்கும். அதை டிஸ்க் வளைந்துவிட்டது என்பார்கள். புது டிஸ்க்கில் துரு பிடிக்காமல் எண்ணெய் பூசித்தான் வரும், பிரேக் கிளீனரால் கழுவாமல் மாட்டாதீர்கள்.

டார்க் ரெஞ்ச் இல்லை என்றீர்கள். வாடகைக்காவது எடுங்கள். ஸ்லைடு பின் போல்ட் சின்னது, பெரும்பாலான சிறு கார்களில் 25 முதல் 35 நியூட்டன் மீட்டருக்குள்தான். நீளக் கைப்பிடியால் இழுத்தால் மரை போய்விடும். பிராக்கெட் போல்ட்டுக்கு அதைப்போல மூன்று மடங்கு வேண்டும். வீல் நட்டுக்கு 85 முதல் 110வரை, எண்ணை உங்கள் வண்டியின் மேனுவலில் பார்த்துக்கொள்ளுங்கள். நட்டுகளை எதிரெதிராக, இரண்டு மூன்று சுற்றில் இறுக்குங்கள்.

பாடி ஸ்பேர்ஸ்:

பேட் வாங்கும்போது வண்டியின் வருடம், மாடல், சேஸிஸ் நம்பர் மூன்றையும் கொடுங்கள். ஸ்விஃப்ட் என்று மட்டும் சொன்னால் வேறு தலைமுறைக்கான பேட் வந்துவிடும், பார்த்தால் ஒன்று போலவே இருக்கும். மாருதியின் சொந்த உதிரிபாகம் போடலாம். அல்லது வண்டிக் கம்பெனிகளுக்கே சப்ளை செய்பவர்களின் பேட்: சென்னையிலேயே பிரேக்ஸ் இந்தியா, ரானே இரண்டும் இருக்கின்றன, பாஷ் (Bosch) கம்பெனியும் உண்டு. சென்னை ஜி.பி. ரோட்டில் எல்லாமே கிடைக்கும், போலியும் சேர்த்து. பில் தராத கடையில் பிரேக் பாகம் வாங்க வேண்டாம். பெட்டியின் அச்சு மங்கலாக இருந்தாலும், பேடின் பின்தகட்டில் தயாரிப்பாளர் பெயரும் பேட்ச் எண்ணும் பொறிக்காமல் இருந்தாலும் திருப்பிக் கொடுத்துவிடுங்கள்.

கூடவே வாங்க வேண்டியவை: கிளிப் செட், ஸ்லைடு பின்களுக்கான ரப்பர் பூட் உறைகள், சிலிக்கான் கிரீஸ் சின்ன சாஷே, பிரேக் கிளீனர் ஒரு டப்பா. பெட்ரோல், டீசலால் கழுவும் பழக்கம் ரப்பருக்குக் கேடு.

சேலத்துச் சக்கரம்:

நன்றி. இடது பக்கம் கீழ்ப் பின் அசையவே இல்லை, மேல் பின் நன்றாக வழுக்குகிறது. சுத்தம் செய்து, ரப்பர் பூட் உறையும் மாற்றி, இரண்டு பக்கமும் புதுப் பேட் போட்டாயிற்று. பிஸ்டன் இரண்டு பக்கமும் சிரமமில்லாமல் உள்ளே போனது. டிஸ்க் குறைந்தபட்சத்துக்கு மேல்தான் இருக்கிறது, மாற்றவில்லை. ஒன்றுதான் உறுத்துகிறது: பெடல் கெட்டியாகத்தான் இருக்கிறது, ஆனால் முன்பைவிடக் கொஞ்சம் கீழே போன பிறகே பிடிக்கிறது. பிரேக் ஆயிலில் ஏர் பிடித்திருக்குமா?

பட்டறைப் பக்கம்:

ஆயில் குழாயையோ பிளீடர் நிப்பிளையோ (ஏர் எடுக்கத் திறக்கும் சின்னத் திருகு) நீங்கள் திறக்கவில்லை என்றால் ஏர் புக வழியில்லை. ஏர் இருந்தால் பெடல் கெட்டியாக இருக்காது, ஸ்பாஞ்ச் மாதிரி அமுங்கும், திரும்பத் திரும்ப மிதித்தால் மேலே ஏறும். புதுப் பேட் முழுப் பரப்பும் டிஸ்க்கில் படியாதவரை பெடல் சற்றே இறங்கி இருப்பது இயல்பு. பேட் காது ஏதாவது கிளிப்பில் சரியாக உட்காராமல் இருக்கிறதா, பேடின் முதுகில் வரும் மெல்லிய தகடான ஷிம், பழையதன் மேல் புதிதும் ஏறியிருக்கிறதா என்று ஒருமுறை பாருங்கள்.

அதோடு பின் சக்கரத்தின் டிரம் பிரேக்கையும் சோதியுங்கள். நின்ற வண்டியில் ஹேண்ட் பிரேக்கை இரண்டு பல் மட்டும் இழுத்துவைத்துப் பெடலை மிதியுங்கள். பெடல் மேலே பிடித்தால் இடைவெளி இருப்பது பின் பிரேக் ஷூவில், முன் பக்கம் இல்லை. டிரம்மைக் கழற்றித் தூசி துடைத்து, ஷூ இடைவெளியைக் கூட்டிக் குறைக்கும் அட்ஜஸ்டரைச் சரிசெய்தால் போதும்.

மைக்ரோமீட்டர்:

மலைக்குப் போவதால் இரண்டு விஷயம்.

முதலில் பேடைப் படிய வையுங்கள். ஆள் நடமாட்டம் இல்லாத சாலையில் 60 கி.மீ. வேகத்திலிருந்து 15வரை மிதமாகப் பிரேக் பிடித்து, நிற்காமல் மீண்டும் வேகம் எடுங்கள். இடையில் அரை நிமிடம் விட்டு இப்படி எட்டுப் பத்து முறை. முடிந்ததும் பிரேக்கைத் தொடாமல் ஐந்து நிமிடம் ஓட்டி ஆறவிடுங்கள். சூடான பேடை டிஸ்க் மேல் அழுத்தியபடி நின்றால் அந்த இடத்தில் மட்டும் பேட் பொருள் ஒட்டி, பிறகு துடிப்பு வரும். கடைசலோ புது டிஸ்க்கோ இல்லாததால் முதல் 200, 300 கி.மீ.க்குத் திடீர்ப் பிரேக் தவிர்த்தால் நல்லது.

அடுத்து பிரேக் ஆயில். 52,000 கி.மீ.யில் மாற்றியிருக்கிறீர்களா என்று நீங்கள் சொல்லவில்லை. காற்றிலுள்ள ஈரத்தை அது உறிஞ்சும். டாட் 4 என்ற ரக ஆயில் புதிதாக இருக்கையில் 230 டிகிரிக்கு மேல்தான் கொதிக்க வேண்டும் என்பது தரம். 3.7 சதவீதம் நீர் கலந்துவிட்டால் அந்த வரம்பு 155 டிகிரி. டாட் 3க்கு இதுவே 205, 140. இறக்கத்தில் தொடர்ந்து பிரேக் பிடித்து ஆயில் கொதித்தால் குழாயில் ஆவி சேரும், ஆவி அமுங்கும், பெடல் தரையைத் தொடும். பேட் எவ்வளவு புதிதாக இருந்தும் பயனில்லை. இரண்டு வருடத்துக்கு ஒருமுறை மாற்ற வேண்டும், நான்கு சக்கரத்துக்கும் சேர்த்து ஒரு லிட்டர் தாராளமாகப் போதும். டப்பா மூடியில் எந்த டாட் என்று அச்சிட்டிருக்கும். டாட் 5 சிலிக்கான் வகை, அதைக் கலக்கவே கூடாது. இதை வீட்டில் முதல் முறையாகச் செய்வதானால் உதவிக்கு ஒருவர் வேண்டும், ஏபிஎஸ் வண்டியில் ஏர் விட்டுவிட்டால் சில சமயம் பட்டறையின் ஸ்கேனர் கருவி இல்லாமல் எடுக்க முடியாது. இந்த ஒரு வேலையைப் பட்டறையில் கொடுத்துவிடுவதே மேல்.

கொல்லிமலையில் காரவள்ளிப் பக்கம் 70 கொண்டை ஊசி வளைவு. ஏறிய கியரிலேயே இறங்குங்கள், அதாவது பெரும்பாலும் இரண்டு, வளைவில் ஒன்று. பிரேக்கைத் தேய்த்துக்கொண்டே வராமல், அழுத்தி வேகத்தைக் குறைத்துவிட்டுக் காலை எடுங்கள்.

பட்டறைப் பக்கம்:

மலைக்கு முன் ஒரு சோதனை. சமதளத்தில் பதினைந்து கிலோமீட்டர் அதிகம் பிரேக் பிடிக்காமல் ஓட்டி நிறுத்தி, இரண்டு முன் சக்கரத்தின் ரிம் அருகிலும் புறங்கையைக் காட்டிப் பாருங்கள், டிஸ்க்கைத் தொட வேண்டாம். இரண்டிலும் ஒரே சூடு என்றால் ஸ்லைடு பின் சரியாகிவிட்டது. இடது பக்கம் மட்டும் அனல் அடித்தால் பேட் இன்னும் உரசுகிறது. பிஸ்டன் எளிதாகப் போயிருந்தாலும், பிரேக் ஹோஸையும் பாருங்கள். ஹோஸ் உள்ளே வீங்கிக்கொண்டால் மிதிக்கும்போது ஆயிலை விடும், திரும்ப விடாது. ஜாக்கியில் தூக்கி, பெடலை மிதித்துவிட்டு, சக்கரம் இறுகியிருக்கும்போதே பிளீடரைத் திறங்கள். ஆயில் பீச்சிக்கொண்டு வந்து சக்கரம் விடுபட்டால் ஹோஸ்தான் குற்றவாளி. திறந்த பிறகு ஏர் எடுக்க வேண்டியிருக்கும் என்பதால், ஆயில் மாற்றக் கொடுக்கும் அன்றே பட்டறையில் இதையும் பார்க்கச் சொல்லிவிடுங்கள். வீல் நட்டுகளை 100 கி.மீ. ஓடியதும் ஒருமுறை இறுக்கிப் பார்க்கவும்.