பிரவுசர் இல்லாமல் சில்வர்லைட் ஆப்பை இன்ஸ்டால் செய்வது எப்படி?

வேல்_சிஸ்டம்ஸ்:
ஆபீஸில் ஸ்டாக் கணக்கு இன்னும் ஒரு பழைய சில்வர்லைட் (பிரவுசருக்குள் ஆப் ஓட்ட மைக்ரோசாஃப்ட் தந்த பிளக்இன்) ஆப்பில்தான் ஓடுது. இதுவரை இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரரில் பக்கத்தைத் திறந்து, ரைட் கிளிக் பண்ணி இன்ஸ்டால் கொடுப்போம். இப்போ விண்டோஸ் 10-ல் அதைத் திறந்தாலே எட்ஜுக்குப் போயிடுது. ஸாப் ஃபைல் (ஆப் முழுசும் அடங்கிய பேக்கேஜ்) கையில் இருக்கு. நேரா டெஸ்க்டாப்பில் போட வழி உண்டா?

கமாண்ட்லைன்_கதிர்:
உண்டு. சில்வர்லைட் 4-லிருந்தே இதுக்கு வசதி இருக்கு. முதலில் ரன்டைமை (சில்வர்லைட் ஆப் ஓடத் தேவையான அடிப்படை மென்பொருள்) /கியூ ஸ்விட்சோடு, திரையில் எதுவும் கேட்காமல் ஏத்துங்க. புரோகிராம் ஃபைல்ஸில் மைக்ரோசாஃப்ட் சில்வர்லைட் ஃபோல்டருக்குள் எஸ்எல்லாஞ்சர் இருக்கும், ஆப்பைப் பிரவுசர் இல்லாமல் ஏத்துற புரோகிராம் அது. கமாண்ட் இதுதான் (அடிக்கும்போது ஆங்கில எழுத்தில்):

எஸ்எல்லாஞ்சர்.இஎக்ஸ்இ /இன்ஸ்டால்:"டி:\ஆப்\ஸ்டாக்.ஸாப்" /ஆரிஜின்:"எச்டிடிபி://சர்வர்/கிளையன்ட்பின்/ஸ்டாக்.ஸாப்" /ஷார்ட்கட்:டெஸ்க்டாப் /ஓவர்ரைட்

ஆரிஜினில் கவனம் வேணும். ஸாப் சர்வரில் இருக்கிற அதே முகவரியை அப்படியே கொடுங்க. டொமைன் மாறினால் ஆப் திறக்கும், ஆனா டேட்டா வராது. சர்வர் அழைப்பை வேற டொமைனுக்குப் போறதா எடுத்துக்கிட்டு சில்வர்லைட் தடுத்துடும். அப்டேட் தேடுறதும் இதே முகவரியில்தான்.

மீனா_டெஸ்க்டாப்:
கதிர் சொன்ன கமாண்டை அட்மின் லாகினில் ஓட்டாதீங்க. இந்த இன்ஸ்டால் யூசர் வாரியானது, ஷார்ட்கட் அட்மினோட டெஸ்க்டாப்பில் போய் உட்காரும். குரூப் பாலிஸியில் (ஆபீஸ் கம்ப்யூட்டர்களுக்கு மொத்தமா அமைப்பு வைக்கிற இடம்) லாகான் ஸ்கிரிப்டா, அதாவது ஒவ்வொரு யூசரும் லாகின் பண்ணும்போது தானா ஓடுற மாதிரி வைங்க. ரன்டைமுக்கு மட்டும் அட்மின் உரிமை வேணும்.

இன்னொண்ணு, எல்லா ஸாப்பும் இப்படி ஏறாது. ஃபைலோட காப்பி ஒண்ணை ஸிப்னு பேர் மாத்தித் திறந்து, ஆப்மேனிஃபெஸ்ட்.ஸாம்ல் ஃபைலில் அவுட்ஆஃப்பிரவுசர்செட்டிங்ஸ் பகுதி இருக்கான்னு பாருங்க. இல்லைன்னா அது பிரவுசருக்குள் மட்டும் ஓடுறதுக்காகக் கட்டினது. நீங்க ரைட் கிளிக்கில் இன்ஸ்டால் பண்ணியிருக்கீங்க, அதனால இருக்கும்.

வேல்_சிஸ்டம்ஸ்:
ஏறிடுச்சு, டேட்டாவும் வருது. நன்றி! புது வெர்ஷன் தானா வருமா?

கமாண்ட்லைன்_கதிர்:
ஆப்போட கோடிலேயே அப்டேட் தேடச் சொல்லி எழுதியிருந்தால்தான் வரும். எலிவேட்டட் டிரஸ்ட் ஆப்பா (கம்ப்யூட்டரில் கூடுதல் அனுமதியோடு ஓடுறது) இருந்தால் ஸாப்பை நம்பகமான சான்றிதழால் கையொப்பமும் இட்டிருக்கணும். அப்படித் தானா வராதுன்னா லாகான் ஸ்கிரிப்டில் புது ஸாப்பை வெச்சு அதே கமாண்டை மறுபடி ஓட்டுங்க. ஓவர்ரைட் இருக்கிறதால பழசு மேல ஏறிடும். நீக்க /அன்இன்ஸ்டால் கொடுத்து அதே ஆரிஜினைச் சேர்த்தால் போதும்.

சில்வர்லைட்டுக்கு மைக்ரோசாஃப்ட் ஆதரவு 2021 அக்டோபர் 12-லேயே முடிஞ்சாச்சு, பாதுகாப்பு ஓட்டைக்கு இனி பேட்ச் கிடையாது. அந்த மெஷின்களை உள் நெட்வொர்க்கோடு நிறுத்துங்க. ரன்டைம் இன்ஸ்டாலரை ஃபைல் சர்வரில் ஒரு பிரதி பத்திரமா வைங்க.