ஜவ்வாது மலையில் இரண்டு ராத்திரி கூடாரம்: அனுமதி யாரிடம் கேட்பது?

காட்பாடிக்காரன் (கேள்வி):
வணக்கம். நாலு பேர், டிசம்பர் கடைசியில். அமிர்தி பக்கம் ஏறி, காட்டுக்குள்ளேயே ரெண்டு ராத்திரி கூடாரம் போட்டு, ஜமுனாமரத்தூர் போய்ச் சேரலாம்னு திட்டம். வேலூர் வன அலுவலகத்தில் ஒரு கடிதம் கொடுத்தால் போதுமா? ஆளுக்கு எவ்வளவு தண்ணி தூக்கணும்?

மலைத்தடம்:
போதாது தம்பி. அமிர்தி வேலூர் வனக்கோட்டம், ஜமுனாமரத்தூர் திருவண்ணாமலைக் கோட்டம், ஆலங்காயம் பக்கம் திருப்பத்தூர் கோட்டம். 1989-ல் வட ஆற்காடு பிரிந்தபோதே இந்த மலை இரண்டு மாவட்டத்துக்குப் போய்விட்டது. 2019-ல் வேலூரும் மூன்றானது. ஒரு மாவட்ட வன அலுவலர் அடுத்த கோட்டத்துக் காட்டுக்கு அனுமதி தர முடியாது. குறுக்கே நடப்பதானால் இரண்டு இடத்திலும் எழுத்தில் வாங்க வேண்டும். எல்லோர் பெயர், வயது, ஆதார் நகல், ஏறும் இடம், இறங்கும் இடம், தேதி, வண்டி எண், வீட்டில் ஒருவர் கைபேசி எண், எல்லாம் கடிதத்தில் இருக்கட்டும். "ஜவ்வாது மலை" என்று மட்டும் எழுதினால் எந்தச் சரகம் (கோட்டத்தின் உட்பிரிவு) என்று கேட்டுத் திருப்பிவிடுவார்கள்.

ஆனால் காப்புக்காட்டுக்குள் (அரசு அறிவித்துப் பாதுகாக்கும் காடு) இரவு தங்குவதை நம்பித் திட்டம் போடாதீர்கள். 2018 மார்ச்சில் தேனி மாவட்டம் குரங்கணி காட்டுத்தீயில் மலையேறப் போன இருபதுக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அதற்குப் பிறகுதான் மலையேற்றத்துக்கென்று தனி விதிகளே வந்தன. அனுமதியில்லாமல் நுழைவதும் நெருப்பு மூட்டுவதும் 1882-ஆம் ஆண்டு வனச் சட்டப்படியே குற்றம். அதோடு இது சந்தனமரக் காடு. ராத்திரியில் உள்ளே டார்ச் வெளிச்சம் தெரிந்தால் கடத்தல் ஆட்கள் என்றுதான் வனக்காவலர் முதலில் நினைப்பார்.

பகலில் நடங்கள், இரவில் மலைக்கிராமத்தில் பட்டா நிலத்தில் கூடாரம் போடுங்கள். நிலத்துக்காரரிடமும் ஊர்ப் பெரியவரிடமும் முன்கூட்டியே கேட்டு வையுங்கள். ஊர் ஆள் ஒருவரைக் கூலி கொடுத்து வழிகாட்டியாக வைத்துக்கொள்வது கட்டாயம் என்றே சொல்வேன். ஆடுமாட்டுத் தடமும் ஆள் தடமும் பிரிகிற இடத்தில் கைபேசி வரைபடம் உதவாது.

ஏலகிரி வாசி:
முதல் தடவை என்றால் அரசின் இணையப் பதிவே சுலபம்ங்க. 2024 அக்டோபரில் 'ட்ரெக் தமிழ்நாடு' 40 தடங்களோடு தொடங்கியது. நம்ம பக்கம் திருப்பத்தூர் மாவட்டத்தில் ஏலகிரி சுவாமிமலையும் ஜலகாம்பாறையும் அதில் உண்டு. கட்டணத்தோடு பழங்குடி வழிகாட்டியும் வருவார், கோட்டம் கோட்டமாக அலைய வேண்டாம். ரெண்டுமே பகல் நடை, கூடாரம் கிடையாது. தீக்காலத்தில் மூடிவிடுவார்கள். 2025-ல் பிப்ரவரி 15 முதல் ஏப்ரல் 15 வரை மூடியிருந்தது. அதனால் டிசம்பர் நல்ல தேர்வு.

மருந்துப்பெட்டி:
தண்ணீர்: நடக்கும்போது குடிக்க 3 லிட்டர், சமையலுக்கு ஒன்று, ஆக ஆளுக்கு நாளுக்கு 4 லிட்டர். ரெண்டு நாளுக்கும் சேர்த்துத் தூக்கினால் 8 கிலோ முதுகில் ஏறும், இறக்கத்தில் முழங்கால் தாங்காது. ஊருக்கு ஊர் நிரப்பும்படி தடத்தை அமையுங்கள். ஓடைத் தண்ணீரைத் துணியில் வடிகட்டிக் கொதிக்க வையுங்கள், இல்லையென்றால் குளோரின் மாத்திரை போட்டு அரை மணி நேரம் விடுங்கள். எத்தனை லிட்டருக்கு ஒரு மாத்திரை என்று அட்டையில் பாருங்கள். 20 லிட்டர் குடத்துக்கு உள்ளதை பாட்டிலில் போட்டால் வாயில் வைக்க முடியாது.

யாரும் சொல்லாத ஒன்று, ஸ்க்ரப் டைபஸ் என்ற காய்ச்சல். வேலூர் வட்டாரத்தில் மழைக்குப் பின் குளிர் மாதங்களில் இது அதிகம். புதர், புல்லில் இருக்கும் கண்ணுக்கே சரியாகத் தெரியாத சிறுபூச்சி கடித்து வருவது. வெறும் புல்லில் உட்காராதீர்கள், படுக்காதீர்கள், தார்பாய் விரியுங்கள். பேண்ட் நுனியைச் சாக்ஸுக்குள் செருகுங்கள். இரவு சோப்புப் போட்டுக் குளித்துத் துணி மாற்றுங்கள். திரும்பி வந்து மூன்று வாரத்துக்குள் காய்ச்சல், கடும் தலைவலி வந்தால் "மலைக்குப் போயிருந்தேன்" என்று மருத்துவரிடம் முதல் வார்த்தையாகச் சொல்லுங்கள். அக்குள், இடுப்பு மடிப்பில் வலிக்காத கருப்புப் பொருக்கு இருக்கிறதா பாருங்கள், சிலருக்கு இருக்காது. சீக்கிரம் தெரிந்தால் டாக்சிசைக்ளின் போன்ற மாத்திரையிலேயே குணமாகும். சாதாரணக் காய்ச்சல் என்று ஒரு வாரம் தள்ளினால் நுரையீரல், சிறுநீரகம் வரை போகும்.

கூடாரத்துக்கு அடித்தளமும் முழு ஜிப்பும் வேண்டும். கட்டுவிரியன் இரவில் தரையில் தூங்குபவரைக் கடிக்கும், கடித்தது தெரியாமலே போகும்.

காட்பாடிக்காரன்:
நன்றிங்க. அப்போ ஜமுனாமரத்தூரையே தங்குமிடமா வச்சுக்கிட்டு பகல்ல நடக்கிறோம். கேஸ் அடுப்பு கொண்டுபோகலாமா?

மலைத்தடம்:
ஊருக்குள் பட்டா நிலத்தில் சரி, காப்புக்காட்டில் அதுவும் கூடாது. பகல் நடைக்குப் புளிச்சோறோ சப்பாத்தியோ கட்டிக்கொள்ளுங்கள். சுற்றுவழி காப்புக்காட்டுக்குள் போனால் பகல் நடைக்கும் அனுமதி வேண்டும். உங்கள் தடம் இப்போது ஒரே கோட்டத்துக்குள் வருவதால் கடிதமும் ஒன்றே போதும். திருவண்ணாமலை மாவட்ட வன அலுவலருக்கு எழுதி, நகல் ஒன்றை ஜமுனாமரத்தூர் வனச்சரகரிடம் கொடுங்கள்.