பகல், இரவு இல்லாத உலகத்துக்கு ஒரு நாட்காட்டி: ஒரு நாள் இடிக்கிறது, சரிக்கட்டலாமா?

வெளிவாசி:
வணக்கம் நண்பர்களே. ஒரு கற்பனை உலகத்துக்கு நாட்காட்டி செய்துகொண்டிருக்கிறேன், கணக்கு பாதியில் நிற்கிறது. இருண்ட பெருங்கோள் ஒன்றைச் சுற்றி வெளியில் அப்படியே தொங்கும் தீவுகள்தான் உலகம். தீவுகள் சுழல்வதில்லை, அதனால் பகலும் இரவும் கிடையாது. வெளிச்சம் தருவது ஒரே ஒரு விண்மீன், அது மூச்சு விடுவதைப் போல விரிந்து ஒடுங்கும். மக்கள் ஒருமுறை தூங்கி எழுவதை ஒரு 'துயில்' என்று எண்ணுகிறார்கள். விண்மீனின் ஒரு மூச்சுக்கு 63 துயில், அதில் 40 வெளிச்சம், 23 மங்கல்.

இரண்டு நிலாக்கள். செந்நிலாவுக்கு 17 துயிலுக்கு ஒரு பௌர்ணமி, வெண்ணிலாவுக்கு 26 துயிலுக்கு ஒன்று. இரண்டுக்கும் ஒரே துயிலில் பௌர்ணமி வருவது 442 துயிலுக்கு ஒருமுறை, அதையே ஆண்டாக வைத்துவிட்டேன். ஆனால் ஏழு மூச்சு சேர்ந்தால் 441தான் வருகிறது. ஒரு துயில் இடிக்கிறது. மூச்சைக் கொஞ்சம் நீட்டி, ஏழு மூச்சு ஓர் ஆண்டு என்று சரிக்கட்டிவிடலாமா?

மீதிக்கணக்கு:
63-ஐத் தயவுசெய்து தொடாதீர்கள்! உங்கள் நாட்காட்டியில் உயிர் இருக்கும் இடமே அந்த ஒரு துயில்தான். நம் வானத்திலும் எதுவும் எதற்குள்ளும் சரியாக அடங்குவதில்லை. 12 பிறைமாதம் சேர்ந்தால் 354 நாள், சூரிய ஆண்டோ 365-க்கும் கொஞ்சம் மேல். கி.மு. 432-இல் ஏதென்ஸில் மெட்டான் என்ற வானியலாளர் 19 ஆண்டுக்கு 235 மாதம் என்று கணக்கைக் கட்டினார், அதிலேயே ஏறக்குறைய இரண்டு மணி நேரம் உதைக்கும். மாயா மக்கள் 260 நாள் சுற்று ஒன்றையும் 365 நாள் சுற்று ஒன்றையும் அருகருகே ஓடவிட்டார்கள், இரண்டும் தொடங்கிய இடத்தில் மறுபடி சேர 52 ஆண்டு ஆகும்.

இப்போது உங்கள் எண்களைப் பாருங்கள். இந்த ஆண்டு இரட்டைப் பௌர்ணமி மூச்சின் முதல் துயிலில் வந்தால், அடுத்த ஆண்டு இரண்டாவதில், அதற்கடுத்த ஆண்டு மூன்றாவதில் என்று தள்ளிக்கொண்டே போய், 63 ஆண்டில் ஒரு முழுச்சுற்று முடியும். அதற்குள் 442 மூச்சு ஆகியிருக்கும். மொத்தம் 27,846 துயில், ஒரு துயில் நம் ஒரு நாள் அளவு என்றால் 76 ஆண்டு, அதாவது ஒரு மனித ஆயுள். இதைத் திட்டமிட்டு அமைக்க நினைத்தால்கூட இவ்வளவு அழகாக வராது.

இன்னொன்று. நிலாக்களுக்குச் சொந்த ஒளி இல்லை என்றால் விண்மீன் மங்கும்போது அவையும் மங்கும். ஆக, 40 ஆண்டு இரட்டைப் பௌர்ணமி பளிச்சென்று வரும், அடுத்த 23 ஆண்டு கண்ணுக்கே சரியாகத் தெரியாது. அந்த 23 ஆண்டுக்குள் பிறந்து வளர்ந்த ஒரு தலைமுறைக்கு இரட்டைப் பௌர்ணமி என்பது பெரியவர்கள் சொல்லக் கேட்ட கதை மட்டுமே. முதலில் இதை எழுதுங்கள்.

ஃபோபோஸ்_ரசிகை:
மேலே சொன்னது அருமை, ஆனால் அடித்தளமே ஆடுகிறதே. துயிலை யார் எண்ணுவது? வெளிச்சம் மாறாத இடத்தில் தூக்கத்தை நம்பி நாள் எண்ண முடியாது. 1962-இல் மிஷேல் சிஃப்ர் என்ற பிரெஞ்சுக்காரர் கடிகாரம் இல்லாமல் ஒரு குகைக்குள் இரண்டு மாதம் இருந்தார். செப்டம்பர் 14 அன்று வெளியே அழைத்தபோது, அன்றைக்கு ஆகஸ்ட் 20 என்றுதான் அவர் கணக்கு வைத்திருந்தார். இரண்டே மாதத்தில் 25 நாள் காணாமல் போகிறது என்றால் உங்கள் ஒரு துயில் வித்தியாசத்தை எவரும் கவனித்திருக்கவே முடியாது.

மூன்றாவதாக ஒரு சின்ன நிலா வையுங்கள். கோளை ஒட்டி வேகமாக ஓடும் வெறும் கல் போதும். செவ்வாயின் நிலா ஃபோபோஸ் 7 மணி 39 நிமிடத்தில் ஒரு சுற்று முடித்துவிடுகிறது. வியாழனின் நிலாக்களையே கடிகாரமாக வைத்துக் கடலில் தீர்க்கரேகை கண்டுபிடிக்கலாம் என்று கலிலியோ யோசனை சொல்லியிருக்கிறார். உங்கள் கல் கோளின் முகத்தை மூன்று முறை கடந்தால் ஒரு துயில் என்று வைத்துவிட்டால், யார் எப்போது தூங்கினாலும் எண்ணிக்கை குலையாது.

தீவுக்காரன்:
எண்ணுகிறவர் கையில்தான் அதிகாரம், அதையும் விட்டுவிடாதீர்கள். ரோமில் ஆண்டு பருவத்தோடு ஒத்துப்போக இடையில் கூடுதல் மாதம் செருகும் உரிமை பூசாரிகளிடம் இருந்தது, அவர்கள் அதை அரசியலுக்கு வளைத்து வளைத்து நாட்காட்டியே பருவத்தை விட்டு விலகிப்போய், கடைசியில் சீசர் அதைச் சீர்செய்ய கி.மு. 46-ஆம் ஆண்டை 445 நாளுக்கு நீட்ட வேண்டியிருந்தது. சீசரின் நாட்காட்டியும் மெல்ல விலகிப்போக, 1582-இல் போப் கிரிகரி அக்டோபர் 4-க்கு மறுநாள் 15 என்று திருத்தினார், பிரிட்டன் அதை ஏற்க 1752 ஆனது, ரஷ்யாவுக்கு 1918.

உங்களுடையதோ பல தீவுகள். அவை ஒன்றுக்கொன்று வெகுதூரம் தள்ளி இருந்தால் நிலா முழுதாகத் தெரியும் நேரமே தீவுக்குத் தீவு மாறும். இன்று இரட்டைப் பௌர்ணமி என்று ஒரு தீவு சொல்லும், நேற்றே முடிந்தது என்று இன்னொரு தீவு சொல்லும். இரண்டுமே உண்மை! கடனுக்குத் தவணை, போருக்கு இடைநிறுத்தம் என்று தேதியை நம்பி நடக்கும் எல்லாமே இதில் சிக்கும்.

வெளிவாசி:
63 அப்படியே இருக்கட்டும், கல் நிலாவையும் சேர்த்துவிட்டேன். மங்கல் தலைமுறை என்ற எண்ணம் இரண்டு நாளாக மனதை விட்டுப் போகவில்லை. இன்னும் ஒரு சந்தேகம்: மாதம் என்று எதை வைப்பது? செந்நிலாவை எடுத்தால் ஆண்டுக்கு 26 மாதம், அத்தனை பெயர் யாருக்கும் நினைவில் நிற்காது. வெண்ணிலா என்றாலும் 17.

மீதிக்கணக்கு:
இரண்டு நிலாவும் சந்திப்பதை வையுங்கள். வேகமான செந்நிலா மெதுவான வெண்ணிலாவைப் பிடித்துக் கடக்க 442-ஐ 9-ஆல் வகுத்தால் வரும் அளவு, அதாவது 49 துயிலும் சொச்சமும் ஆகும். ஆண்டுக்கு ஒன்பது சந்திப்பு, ஒன்பது மாதம், பெயர் வைக்கவும் எளிது. எட்டு மாதத்துக்கு 49, கடைசி மாதத்துக்கு மட்டும் 50, மொத்தம் 442. ஒன்பதாவது சந்திப்புதான் இரட்டைப் பௌர்ணமி. 49-ஐ ஒன்பதால் பெருக்கினாலும் அதே 441 வருகிறது, பாருங்கள்! ஆக அந்த ஒரு துயில் ஏழு மூச்சுக்கும் மிஞ்சியது, ஒன்பது மாதத்துக்கும் மிஞ்சியது. அதை எந்த மாதத்திலும் சேர்க்காமல் தனியாக நிறுத்தும் தீவுகளும், ஐம்பதாவதாகச் சேர்த்துக்கொள்ளும் தீவுகளும் இருக்கட்டும். தீவுக்காரன் சொன்ன சண்டை அங்கிருந்தே தொடங்கலாம்.