மேட் வார்னிஷ் அடிச்சதும் பொம்மைப் படை முழுக்க வெள்ளை பூத்துடுச்சு, உதவி வேணும்
நானும் அண்ணன் பையனும் சேந்து உருவாக்குன உலகத்துல மந்திரக் கல்லால ஓடுற விண்கப்பல் படைக்கும் இயந்திர யானைப் படைக்கும் நடக்குற கடைசிப் போர், வர்ற சனிக்கிழமை மேசையில பொம்மைய வச்சு விளையாடணும். 28 மிமீ பொம்மை 40, அக்ரிலிக் பெயிண்ட். செவ்வாய் சாயங்காலம் மழை விட்ட கையோட சிங்கப்பூர் யீஷூன்ல எங்க புளோக் காரிடார்ல வச்சு மேட் வார்னிஷ் (பெயிண்ட்டுக்கு மேல அடிக்கிற, பளபளப்பு இல்லாத பாதுகாப்புப் பூச்சு) ஸ்பிரே அடிச்சேன், கொஞ்ச நேரத்துல எல்லாம் திருநீறு பூசின மாதிரி ஆயிடுச்சு. ராணியோட சிவப்பு அங்கி, அண்ணன் பையன் மூணு ராத்திரி உக்காந்து தீட்டினது, இப்ப வெளிறிப் போய் கிடக்கு. காத்துல ஈரம் அதிகமா இருந்தா இப்படி ஆகும்னு அப்புறம்தான் தெரிஞ்சுது.

ஹேர் டிரையர் காட்டினேன், ஏர்கான் ரூம்ல ஒரு நாள் வச்சேன், ஒண்ணும் நடக்கல. ஒரு யானைக்கு மட்டும் பளபளப்பு வார்னிஷ பிரஷ்ல தடவிப் பாத்தேன், முதுகு தெளிஞ்சுடுச்சு, தும்பிக்கை மடிப்புல மட்டும் வெள்ளை அப்படியே நிக்குது.

பெயிண்ட்ட உரிக்காம மடிப்புல இருக்க வெள்ளையை எப்படி எடுக்குறது?