விளையாட்டுக்கு என்று தனிக் கணக்கு வைத்திருப்பவர்கள் கை தூக்குங்கள்

நடுநிசி_நாசிலெமாக் | வெள்ளி, இரவு 11.40

போன மாதம் எனக்கு இரண்டு நாள் காய்ச்சல். நிஜக் காய்ச்சல்தான், பாலிகிளினிக்கில் இரண்டு மணி நேரம் உட்கார்ந்து வாங்கிய எம்சி (மருத்துவ விடுப்புச் சான்றிதழ்). இரண்டாம் நாள் மத்தியானம் உடம்பு கொஞ்சம் தேறியது. படுத்துப் படுத்து முதுகு வலித்ததால் எழுந்து டோட்டா என்ற கணினி விளையாட்டை ஒரு ஆட்டம் ஆடினேன். விளையாடுகிறவர்கள் பேசிக்கொள்ளும் டிஸ்கார்டு செயலியில் என் கணக்கில் சொந்தப் பெயரும் போட்டோவும் இருக்கின்றன. ஆபீஸில் நாலைந்து பேர் ஃபுட்சாலுக்காக அதிலேயே ஒரு குழு வைத்திருக்கிறோம். நான் டோட்டா 2 ஆடுகிறேன், 47 நிமிடமாக ஆடுகிறேன் என்று அது தானாகவே என் பெயருக்குக் கீழே எழுதிக் காட்டியிருக்கிறது. ஒருவர் அதைப் படம் பிடித்து இன்னொருவருக்கு அனுப்ப, திங்கட்கிழமை மேனேஜர் சிரித்துக்கொண்டே, "காய்ச்சலுக்கு நல்ல மருந்து போல" என்றார். விளையாட்டாகத்தான் சொன்னார். ஆனாலும் அன்றிலிருந்து எம்சி எடுக்கவே கூச்சமாக இருக்கிறது.

அப்புறம் இன்ஸ்டாகிராம். ஜெயித்த ஆட்டத்தின் கிளிப் போட்டால் முதல் லைக் என் பெரியம்மாவுடையது. முதல் கமெண்டும் அவருடையதுதான்: "நேரத்தோடு தூங்கு கண்ணா."

இன்ஸ்டா, டிஸ்கார்டு, ஃபேஸ்புக் எல்லாவற்றிலும் விளையாட்டுக்கு என்று புதிதாகத் தொடங்கிவிடலாமா என்று பார்க்கிறேன். செய்தவர்கள் சொல்லுங்கள்.

தோ_பாயோ_டேங்க் | வெள்ளி, இரவு 11.52

பெரியம்மாவை மட்டும் பிளாக் பண்ண முடியாதா?

நடுநிசி_நாசிலெமாக் | வெள்ளி, இரவு 11.53

தீபாவளிக்கு மட்டன் பிரியாணி நீங்கள் போடுவீர்களா?

கோப்பி_ஓ_கொசோங் | சனி, காலை 7.15

தம்பி, உனக்கு வந்த வம்பு உன் ஆபீஸால் வந்தது. கணக்கு என்ன செய்யும்? மேனேஜரிடம், "ஆமாம் சார், ஆடினேன், படுத்திருக்க முடியவில்லை" என்று அன்றே சொல்லியிருந்தால் அங்கேயே முடிந்திருக்கும். புதுக் கணக்குத் தொடங்கினால் அடுத்த முறை மாட்டும்போது, மறைத்தாய் என்ற பேரும் சேர்ந்துகொள்ளும்.

நான் பழைய ஆள். 2000களின் தொடக்கத்தில் சிலிகி ரோட்டு பார்க்லேனில் லேன் கடையே (கணினிகளை இணைத்து வைத்து ஆட விடும் கடை) கதி என்று கிடந்தவன். பக்கத்து நாற்காலியில் கவுண்டர் ஸ்ட்ரைக் ஆடுகிறவனுக்கு என் முகம் தெரியும், எந்தப் பள்ளிச் சட்டை என்றும் தெரியும். தோற்றால் எழுந்து வந்து திட்டுவான். அப்புறம் சேர்ந்தே பிராட்டா சாப்பிடப் போவோம். அந்தக் கூட்டத்தில் மூன்று பேர் என் கல்யாணத்தில் பந்தி பரிமாறினார்கள்.

2022 அக்டோபரில் டோட்டா 2 உலகப் போட்டி இங்கே நடந்தது ஞாபகம் இருக்கும். காலாங் இண்டோர் ஸ்டேடியம் வாசலில் மணிலாவிலிருந்து வந்த இரண்டு பேரைப் பார்த்தேன். ஆறு வருடம் சேர்ந்து ஆடியவர்கள், நேரில் அன்றுதான். என் மகள் பிறந்த போட்டோவை ஃபேஸ்புக்கில் பார்த்தவர்கள் என்பதால் அவளுக்கு உலர்ந்த மாம்பழம் இரண்டு பாக்கெட் வாங்கி வந்திருந்தார்கள். விளையாட்டுக் கணக்கு, வீட்டுக் கணக்கு என்று நான் பிரித்திருந்தால் அவர்களுக்கு நான் யார்? ஒரு பட்டப்பெயரும் ஒரு பொம்மைப் படமும். மாம்பழம் கிடைத்திருக்காது.

சப்போர்ட்_மெயின் | சனி, காலை 10.02

அண்ணே, மாம்பழக் கதை நன்றாக இருக்கிறது. என் கதையையும் கேளுங்கள்.

நான் பாலிடெக்னிக்கில் இரண்டாம் வருடம். மொபைல் லெஜெண்ட்ஸை ஃபேஸ்புக்கோடு இணைத்து வைத்திருந்தேன், ஆட்டத்திலும் என் சொந்தப் பெயர்தான். ஒரு நாள் மைக்கைத் திறந்து, "மிட்டில் ஆளைக் காணோம், பார்த்து" என்றேன். அவ்வளவுதான் பேசினேன். பெண் குரல் என்றதும் ஒருவர் ஆட்டம் முடிந்த பிறகும் விடவில்லை. பெயரை வைத்து ஃபேஸ்புக்கில் தேடிப் பிடித்தார். நான் பதில் போடாததால் என் தங்கைக்கு மெசேஜ் போனது. அவளுக்கு 14 வயது. மூன்றாவது நாள் எனக்கு வந்தது இதுதான்: "உன் காலேஜுக்கு எந்த எம்ஆர்டியில் இறங்குவாய் என்று எனக்குத் தெரியும்."

ஒரு மாதம் பேருந்தில் சுற்றிக்கொண்டு போனேன். இப்போது என் விளையாட்டுக் கணக்கில் முகம், பள்ளி, ஊர், தங்கை எதுவும் கிடையாது. இதை மறைப்பு என்று சொன்னால் சொல்லிக்கொள்ளுங்கள்.

கோப்பி_ஓ_கொசோங் | சனி, காலை 10.40

கேட்கவே கஷ்டமாக இருக்கிறது தங்கச்சி. போலீசுக்குப் போனாயா? துன்புறுத்தலுக்கு எதிரான சட்டம் இங்கே 2014லிருந்து இருக்கிறது. 2019இல் திருத்தி, ஒருவரைத் தொல்லை செய்யும் நோக்கத்தில் அவருடைய விவரங்களை இணையத்தில் போட்டால் அதுவும் குற்றம் என்றாக்கினார்கள். 2020 ஜனவரி 1 முதல் நடப்பில் இருக்கிறது.

ஆனால் ஒன்று கேட்கிறேன், தப்பாக எடுத்துக்கொள்ளாதே. அந்த ஆளுக்கு அந்தத் துணிச்சல் எங்கிருந்து வந்தது? அவனும் ஒரு தனிக் கணக்குக்குப் பின்னால் ஒளிந்துகொண்டுதானே ஆடியிருப்பான்? முகமூடி மாட்டினால் வாய் நீளுகிறது, நான் பார்த்த வரைக்கும்.

சப்போர்ட்_மெயின் | சனி, காலை 10.58

இல்லை அண்ணே. சொந்தப் பெயரில்தான் வந்தார். முகப்புப் படத்தில் கல்யாணப் போட்டோ.

போலீசிடம் சொன்னேன், கனிவாகத்தான் கேட்டார்கள். அவர் என் விவரத்தை எங்கேயும் போடவில்லை, எனக்குத்தான் அனுப்பினார். அதற்கும் வழி இருக்கிறது, பாதுகாப்பு ஆணை கேட்கலாம் என்றார்கள். ஆனால் அந்த ஒரு மாதம் பஸ்ஸில் சுற்றிப் போனதை யார் திருப்பித் தருவார்கள்?

ஜூரோங்_ஜங்கிளர் | சனி, மதியம் 1.20

சொந்தப் பெயர் போட்டால் ஆட்கள் ஒழுங்காக இருப்பார்கள் என்பதை ஏற்கெனவே செய்து பார்த்துவிட்டார்கள். 2010 ஜூலையில் கணினி விளையாட்டுகள் தயாரிக்கும் பிளிசார்ட் நிறுவனம், இனி தன் விவாதப் பக்கத்தில் எழுதுகிறவர்களின் நிஜப் பெயரே தெரியும் என்று அறிவித்தது. ஆபத்தில்லை என்று காட்ட அந்த நிறுவன ஊழியர் ஒருவர் தன் பெயரைப் போட்டார். சற்று நேரத்தில் அவருடைய தனிப்பட்ட விவரங்களைத் தோண்டி எடுத்துக் கடை விரித்துவிட்டார்கள். மூன்றே நாளில் திட்டம் வாபஸ்.

கொரியாவில் இதைச் சட்டமாகவே போட்டார்கள். 2007இல் பெரிய தளங்களில் எழுத அடையாளத்தை நிரூபிக்க வேண்டும் என்று கொண்டுவந்தார்கள். 2011இல் அங்கே ஒரு தளத்தில் நடந்த களவில் சுமார் 3.5 கோடிப் பேரின் விவரம் போனது. 2012இல் அரசியலமைப்பு நீதிமன்றம் அந்தச் சட்டத்தையே தூக்கிவிட்டது. ஆகவே கோப்பி அண்ணனின் முகமூடிக் கட்சியை நான் ஏற்கவில்லை.

ஆனால் நாசிலெமாக், எல்லாவற்றையும் புதிதாகத் தொடங்குகிறேன் என்கிறீர்களே, அதிலும் ஒரு குழி இருக்கிறது. ஊருக்குக் காட்டுகிற முகம் ஒன்று, ஆட்டத்துக்குள் நுழைகிற சாவி ஒன்று. சாவியைப் போய் புதிய ஃபேஸ்புக் கணக்கில் மாட்டாதீர்கள். ஃபேஸ்புக் விதிப்படி ஒருவருக்கு ஒரு கணக்குதான். (2023 செப்டம்பர் முதல் அந்த ஒரே கணக்குக்குள் கூடுதலாக நான்கு முகப்புகள் வரை வைத்துக்கொள்ளலாம், அது வேறு.) நண்பரே இல்லாத, போட்டோ இல்லாத, நேற்றுப் பிறந்த கணக்கைப் பார்த்தால் அதன் இயந்திரம் போலி என்று முடிவு கட்டிப் பூட்டிவிடும். 2020 அக்டோபரில் குவெஸ்ட் 2 விஆர் கருவி வந்தபோது ஃபேஸ்புக் கணக்கு இல்லாமல் அதைத் திறக்கவே முடியாது. அதற்காகவே புதுக் கணக்குத் தொடங்கிய பலருக்குக் கணக்கு முடங்கி, வாங்கிய கருவி மேசையில் செங்கல்லாகக் கிடந்தது. 2022 ஆகஸ்டில்தான் அந்தக் கட்டாயத்தை எடுத்தார்கள். என் நண்பனுக்கு இதே கதை மொபைல் விளையாட்டில். ஏறக்குறைய 300 வெள்ளிக்கு ஸ்கின் (ஆட்டப் பாத்திரங்களுக்கான அலங்காரத் தோற்றம்) வாங்கியவன், கணக்கோடு சேர்த்து எல்லாம் போச்சு.

நுழைவுக்கு ஒரு மின்னஞ்சல் போதும். இரண்டு அடுக்குச் சரிபார்ப்பைப் போட்டுவிட்டு அதைத் தொடாமல் விடுங்கள். டிஸ்கார்டுக்குப் புதுக் கணக்கே வேண்டாம். ஒவ்வொரு சர்வரிலும் (அதிலுள்ள குழுவை அப்படித்தான் சொல்வார்கள்) வேறு பட்டப்பெயர் வைத்துக்கொள்ளலாம், இலவசம்தான். என்ன ஆடுகிறோம் என்று காட்டுவதை அமைப்புகளில் அணைத்துவிடலாம். உங்கள் எம்சி வம்புக்கு மருந்து அந்த ஒரு பொத்தான்.

தோ_பாயோ_டேங்க் | சனி, மதியம் 1.31

அப்போ இன்ஸ்டா?

ஜூரோங்_ஜங்கிளர் | சனி, மதியம் 1.35

இன்ஸ்டாவில் ஒரே செயலியில் ஐந்து கணக்கு வரை மாற்றி மாற்றிப் போகலாம், 2016லிருந்தே. தாராளமாக வைத்துக்கொள்ளுங்கள். தொடங்கும்போது தொடர்பு எண்களை இணைக்கவா என்று கேட்கும், வேண்டாம் என்று அழுத்துங்கள். நம் ஊரில் தமிழர் வட்டம் சின்னது. ஒருவரைத் தெரியாவிட்டாலும் அவருடைய அத்தையைத் தெரிந்திருக்கும்.

இன்னொன்று. "எங்கள் அணிக்கு ஒரு ஓட்டுப் போடு" என்று ஸ்டீமிலும் டிஸ்கார்டிலும் ஒரு லிங்க் வரும். அழுத்திக் கடவுச்சொல் கொடுத்தால் கணக்கு அவன் கையில். அது விளையாட்டுக் கணக்கு மட்டும் என்றால் ஸ்கின்னோடு போகும். குடும்பக் கணக்கு என்றால் அடுத்த நிமிடம் உங்கள் பெரியம்மாவிடம் அவன் பணம் கேட்பான். சந்தேகம் வந்தால் மோசடி உதவி எண் 1799-ஐ அழையுங்கள்.

ரெண்டு_பையன்_அம்மா | ஞாயிறு, இரவு 9.10

எல்லோரும் பெரியவர்களை மனதில் வைத்துப் பேசுகிறீர்கள். என் மூத்தவன் உயர்நிலை இரண்டு. அவனுக்கு இப்படி ஒரு "விளையாட்டுக் கணக்கு" இருப்பதைப் போன வாரம்தான் பார்த்தேன். வீட்டில் "சரிம்மா" என்பதைத் தவிர வேறு பேசாத பிள்ளை. அதில் அவன் எழுதியிருந்ததைப் படித்துவிட்டு நான் அடுப்பை அணைக்க மறந்துவிட்டேன். தமிழில் ஒரு கெட்ட வார்த்தை, ஹொக்கியனில் இரண்டு, அதுவும் அவனைவிடச் சின்னப் பையனிடம். கோப்பி அண்ணன் சொல்வது என் வீட்டில் உண்மையாகத்தான் இருக்கிறது. யாரும் பார்க்க மாட்டார்கள் என்ற தைரியம்.

சப்போர்ட்_மெயின் | ஞாயிறு, இரவு 9.34

அக்கா, நீங்கள் எப்படிப் படித்தீர்கள்? அவன் காட்டினானா, போனை எடுத்தீர்களா?

ரெண்டு_பையன்_அம்மா | ஞாயிறு, இரவு 9.41

எடுத்தேன். 14 வயதுப் பிள்ளை, நான்தான் பில் கட்டுகிறேன்.

சப்போர்ட்_மெயின் | ஞாயிறு, இரவு 9.50

எடுத்தது தப்பு என்று நான் சொல்லவில்லை. அந்தச் சின்னப் பையனிடம் அவனை மன்னிப்புக் கேட்க வையுங்கள், கண்டிப்பாக. ஆனால் கணக்கை மூட வைத்தால் நாளைக்கு இன்னொன்று தொடங்குவான், உங்களுக்குத் தெரியாத பெயரில். அதில் அவனை யாராவது என்னைப் போலத் துரத்தினாலும் உங்களிடம் வந்து சொல்ல மாட்டான். என் வீட்டில் நான் பத்து நாள் சொல்லாமல் இருந்தேன், ஆட்டத்தையே நிறுத்தச் சொல்வார்கள் என்ற பயத்தில்.

கோப்பி_ஓ_கொசோங் | ஞாயிறு, இரவு 10.25

தங்கச்சி சொன்ன அந்தக் கடைசி வரி எனக்கு உறைத்தது. என் மகளும் ஆடத் தொடங்கிவிட்டாள். அவள் பிறந்த போட்டோவை இன்னும் எத்தனை பேர் பார்க்கும்படி வைத்திருக்கிறேன் என்று இப்போதுதான் போய்ப் பார்த்தேன். "எல்லோருக்கும்" என்று இருந்தது. மாற்றிவிட்டேன்.

அதற்காகத் தனிக் கணக்குக் கட்சியில் சேர்ந்துவிட்டேன் என்று எழுதாதீர்கள். ஆண்பிள்ளைகள், வேலைக்குப் போகிறவர்கள், இவர்கள் பெரியம்மாவுக்குப் பயந்து ஒளிவதை நான் இன்னும் ஒத்துக்கொள்ளவில்லை. ஆடுவதில் என்ன வெட்கம்? நம் வீடுகளில் கிரிக்கெட் ஆடுகிறவன் தனிக் கணக்கா வைத்திருக்கிறான்? நாமே ஒளித்தால் அப்புறம் அதை ஒளிக்க வேண்டிய விஷயம் என்றுதான் வீட்டில் நினைப்பார்கள்.

நடுநிசி_நாசிலெமாக் | அடுத்த சனி, இரவு 12.30

நன்றி எல்லோருக்கும். செய்ததைச் சொல்கிறேன்.

டிஸ்கார்டைத் தொடவில்லை, அந்தப் பொத்தானை மட்டும் அணைத்தேன். ஃபேஸ்புக் பழையதே. கிளிப் போட மட்டும் இன்ஸ்டாவில் புதுக் கணக்கு. பெயர், முகம் இல்லை, தொடர்பு எண்களை இணைக்கவில்லை. கோப்பி அண்ணன் கேட்டதற்குப் பதில்: வெட்கத்தில் ஒளியவில்லை. ஒரே வாரத்தில் 11 கிளிப் போட்டேன், பழைய கணக்கில் மாதத்துக்கு ஒன்று போடவே தயங்குவேன். மேனேஜர் பார்ப்பாரே என்று யோசிக்காமல் ஆடியது ரொம்ப நாளைக்கு அப்புறம்.

நேற்று உட்லண்ட்ஸிலிருந்து என் சித்தப்பா மகன் அந்தக் கணக்குக்கே மெசேஜ் போட்டான்: "அண்ணே, நீங்கதானே?" எப்படிடா கண்டுபிடித்தாய் என்றேன். நாலாவது கிளிப்பை ஒலியோடு கேட்கச் சொன்னான். சண்டை உச்சத்தில் இருக்கும்போது பின்னால் எங்கள் பாட்டி, "சோறு ஆறுது, அந்த எழவை அணைச்சிட்டு வாடா" என்று கூப்பிடுகிறார். சிங்கப்பூர் முழுக்க அந்தக் குரல் ஒன்றுதான் என்றான்.

ஜூரோங்_ஜங்கிளர் | அடுத்த சனி, இரவு 12.34

பொத்தானை அழுத்தினால் மட்டும் மைக் திறக்கும்படி வையுங்கள்.

கோப்பி_ஓ_கொசோங் | அடுத்த சனி, காலை 7.05

பாட்டி கிளிப்பை மட்டும் அழிக்காதே. லிங்க் அனுப்பு.