58-க்கு 31: முதுமைக்கு மாத்திரையா, நடையா?

நடைவழி:
பக்கத்து இழையில் மூலக்கூறு எழுதிய இரண்டு வரி நேற்றிலிருந்து உறுத்திக்கொண்டே இருக்கிறது. அவர் எழுதியது இது: "முதுமையை இனி மருந்து பார்த்துக்கொள்ளும். நட, நன்றாகத் தூங்கு, புகைக்காதே என்பதெல்லாம் விஞ்ஞானத்தின் கையில் எதுவும் இல்லாத காலத்தில் சொன்ன ஆறுதல் வார்த்தை."

ஆறுதல் வார்த்தையா? 2002-இல் வெளியான அமெரிக்க நீரிழிவுத் தடுப்பு ஆய்வை எடுத்துப் பாருங்கள். சர்க்கரை நோயின் வாசலில் நின்ற 3,234 பேர். ஒரு பிரிவுக்குச் சர்க்கரை நோய் மாத்திரையான மெட்ஃபார்மின். ஒரு பிரிவுக்கு மருந்தே இல்லாத வெற்று மாத்திரை. ஒரு பிரிவுக்கு வாரம் 150 நிமிட நடையும் உடல் எடையில் 7 சதவீதக் குறைப்பும். மூன்று ஆண்டுகூட ஆகவில்லை, முடிவு தெரிந்துவிட்டது. மெட்ஃபார்மின் நோயை 31 சதவீதம் தடுத்தது. நடை 58 சதவீதம். அதிலும் 60 வயது தாண்டியவர்களில் நடை 71 சதவீதம் தடுத்தது. அந்த வயதுக்காரர்களுக்கு மாத்திரையால் சொல்லும்படி பலன் இல்லை.

58-க்கு 31. இதற்குப் பதில் சொல்லுங்கள், மற்றதை அப்புறம் பேசலாம்.

மூலக்கூறு:
முழுப் பத்தியை விட்டுவிட்டு இரண்டு வரியைப் பிய்த்துக்கொண்டு வந்திருக்கிறீர்கள். இருக்கட்டும். உங்கள் 58-க்கே வருகிறேன்.

அந்த 58 பழக்கம் இல்லை ஐயா, சிகிச்சை. அந்தப் பிரிவில் ஒவ்வொருவருக்கும் ஒரு வழிகாட்டி. முதல் 24 வாரத்தில் 16 வகுப்பு, ஒருவருக்கு ஒருவராக உட்கார வைத்து. அதற்குப் பிறகும் விடாமல் தொடர்பு. காலையில் செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்புகிற மனிதரின் நடையும் இதுவும் ஒன்றா? நீங்கள் கூட்டி வந்த சாட்சி என் கட்சிக்காரர்.

இப்போது நான் ஒன்று சொல்கிறேன். 1964-இல் ஈஸ்டர் தீவில் அள்ளிய மண்ணில் இருந்த நுண்ணுயிரிலிருந்து வந்தது ராபமைசின் என்ற மருந்து. 2009-இல் அதை 600 நாள் வயதான சுண்டெலிகளுக்குக் கொடுத்தார்கள். மனிதக் கணக்கில் ஏறக்குறைய 60 வயது. ஆயுளின் கடைசி எல்லை பெண் எலிகளுக்கு 14 சதவீதம், ஆண் எலிகளுக்கு 9 சதவீதம் நீண்டது. மூன்று ஆய்வகங்களில் தனித்தனியாகச் செய்து பார்த்த முடிவு. கிழட்டு எலிக்கு ஆயுள் நீள்கிறது என்றால் அது ஆறுதல் வார்த்தை இல்லை.

நடைவழி:
நான் மனிதரைக் காட்டினேன், நீங்கள் எலியைக் காட்டுகிறீர்கள். தம்பி, போன வருஷம் இதே இடத்தில் திராட்சைத் தோலில் இருக்கும் ரெஸ்வெரட்ரால் பற்றி நாற்பது பதிவு போட்டீர்கள், ஞாபகம் இருக்கிறதா? அதுவும் ஆயுள் மாத்திரை என்றுதான் ஆரம்பித்தீர்கள். ராபமைசினைச் சோதித்த அதே திட்டத்தில்தான் ரெஸ்வெரட்ராலையும் சோதித்தார்கள். சாதாரண எலிகளின் ஆயுள் ஒரு நாள்கூட நீளவில்லை. அதை நான் எடுத்துப் போட்ட அன்றிலிருந்து அந்த இழைக்கு நீங்கள் திரும்பியே வரவில்லை.

சிகிச்சை என்கிறீர்கள். வகுப்பில் என்ன சொல்லிக்கொடுத்தார்கள்? நடக்கச் சொல்லிக்கொடுத்தார்கள். நடந்தது யார்? அவர்கள். காலும் அவர்களுடையது, 150 நிமிடமும் அவர்களுடையது.

மூலக்கூறு:
எனக்கு 47 வயது. தம்பி வேண்டாம்.

ரெஸ்வெரட்ரால் பற்றி "பார்க்கலாம்" என்றுதான் எழுதினேன். வேண்டுமானால் தோண்டி எடுங்கள்.

கல்வெட்டு:
இரண்டு பேரும் ஒரு எண்ணைப் பிடித்துக்கொண்டு தொங்குகிறீர்கள், அதனால் அந்த எண்ணை ஒழுங்காகச் சொல்லிவிடுகிறேன். 58 என்பது சர்க்கரை நோய் வருவது குறைந்த அளவு. முதுமை குறைந்த அளவு இல்லை. வெற்று மாத்திரைக்காரர்களில் ஆண்டுக்கு நூற்றுக்கு 11 பேருக்கு நோய் வந்தது. மெட்ஃபார்மினில் 7.8. நடைப் பிரிவில் 4.8.

அப்புறம் நடைவழி சொல்லாமல் விட்டது: அதே ஆட்களைத் தொடர்ந்து கவனித்தார்கள். 10 ஆண்டில் 58 என்பது 34 ஆனது. 15 ஆண்டில் 27. மெட்ஃபார்மின் 18-இல் நின்றது. 58-க்கு 31 என்று இன்னும் சொல்லிக்கொண்டிருப்பது சரியில்லை.

நடைவழி:
கல்வெட்டு சார், பாதியைச் செதுக்கிவிட்டு உளியைக் கீழே வைக்காதீர்கள். ஏன் இறங்கியது? ஆய்வு முடிந்ததும் எல்லாப் பிரிவினருக்கும் அந்த நடை வகுப்பைக் கொடுத்தார்கள். வெற்று மாத்திரைக்காரர்களும் மெட்ஃபார்மின்காரர்களும் வகுப்புக்கு வந்தார்கள். எதிரணியும் நடந்தால் இடைவெளி குறையாமல் என்ன செய்யும்? அப்படியும் 15-ஆவது ஆண்டில் நடைதான் முன்னால்.

தாமரை_இலை:
ஒரு சின்னக் கேள்வி. "ஆரோக்கியமான முதுமை" என்று இங்கே எதைச் சொல்கிறோம்? நீண்ட நாள் இருப்பதையா, கடைசி வரை தன் வேலையைத் தானே செய்துகொள்வதையா? அதைச் சொல்லிவிட்டுப் பேசினால் பாதிச் சண்டை குறையும்.

மூலக்கூறு:
வகுப்பு கொடுத்தார்கள் என்று நீங்களே சொல்லிவிட்டீர்கள். வகுப்பு. அதைத்தான் நானும் சொல்கிறேன். பழக்கமாக இருந்திருந்தால் வகுப்பு எதற்கு?

நடைவழி:
எழுதப் படிக்கவும் வகுப்பில்தான் கற்றுக்கொண்டோம். அதனால் படிப்பது சிகிச்சையா?

நான் பிசியோதெரபி செய்கிறவன். வேலை முழுக்க வயதானவர்களோடுதான். இருந்தாலும் என் அம்மாவைப் பற்றியே சொல்கிறேன். 84 வயது. நிமோனியா வந்து மூன்று வாரம் மருத்துவமனையில் படுத்த படுக்கை. நுரையீரல் சரியாகிவிட்டது என்று அனுப்பினார்கள். வீட்டுக்கு வந்து நாற்காலியில் உட்கார்ந்தார், எழ முடியவில்லை. நாற்காலியின் இரண்டு கைகளையும் பிடித்து அழுத்துகிறார். விரல் முட்டி வெளுத்துப்போகிறது. இடுப்பு நான்கு விரற்கடை மேலே வருகிறது, மறுபடி தொப்பென்று விழுகிறது. தொடையைத் தொட்டால் சதை கையோடு குழைந்தது. மூன்று வாரம் முன்பு மாடிப்படி ஏறிய தொடை அது.

நாற்காலியில் இரண்டு தலையணை போட்டு உயர்த்தினேன். அந்த உயரத்திலிருந்து எழுவது சுலபம். காலையில் ஐந்து முறை, மாலையில் ஐந்து முறை. இரண்டு வாரம் கழித்து ஒரு தலையணையை எடுத்தேன். அப்புறம் இன்னொன்று. எட்டாவது வாரம் கையைக் கட்டிக்கொண்டு எழுந்தார். இதற்கு எந்த மூலக்கூறு தேவைப்பட்டது?

இது என் அம்மாவின் கதை மட்டும் இல்லை. 1990-இல் சராசரி 90 வயதுள்ள 10 பேருக்கு எட்டு வாரம் எடைப் பயிற்சி கொடுத்தார்கள். கால் வலிமை சராசரியாக 174 சதவீதம் கூடியது. தொண்ணூறு வயதில்!

மூலக்கூறு:
உங்கள் அம்மா எழுந்து நின்றதில் மனப்பூர்வமாக மகிழ்ச்சி. ஆனால் நிமோனியாவை எது விரட்டியது? ஆன்டிபயாடிக். அது இல்லாவிட்டால் தலையணை போட நாற்காலியில் ஆள் இருந்திருக்காது.

நடைவழி:
என் அம்மாவை இதில் இழுக்காதீர்கள்.

மூலக்கூறு:
இழுத்தது நீங்கள்.

இரவுப்பணி:
நான் செவிலியர். 14 வருஷமாகப் பெரும்பாலும் இரவு வேலை. நடைவழிக்கு ஒன்று சொல்ல வேண்டும். உங்களைப் போன்றவர்கள் எழுதுவதைப் படித்துவிட்டுத்தான் பிரஷர் மாத்திரையை நிறுத்திவிட்டு வருகிறார்கள். தினமும் ஒரு மணி நேரம் நடக்கிற பெரியவர் ஒருவர். "நடக்கிறேனே, மாத்திரை எதற்கு" என்று நான்கு மாதம் விட்டுவிட்டார். எங்களிடம் கொண்டு வந்தபோது வாய் ஒரு பக்கம் இழுத்திருந்தது. தண்ணீர் கொடுத்தேன், மறு ஓரத்தில் வழிந்தது. துடைக்கக் கை எழவில்லை. என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

2015-இல் வந்த ஸ்பிரின்ட் ஆய்வில் 50 வயது தாண்டிய 9,361 பேர். மேல் ரத்த அழுத்தத்தை 140-க்குக் கீழே வைப்பதற்குப் பதிலாக மருந்தைக் கூட்டி 120-க்குக் கீழே கொண்டுவந்தார்கள். சாவு 27 சதவீதம் குறைந்தது. ஆய்வை முன்கூட்டியே நிறுத்தும் அளவுக்குப் பலன் தெளிவாக இருந்தது. எல்லாம் மாத்திரை.

இன்னொன்று. "நன்றாகத் தூங்கு" என்று யாருக்குச் சொல்கிறீர்கள்? எனக்கும் ஆசைதான்.

நடைவழி:
மாத்திரையை நிறுத்து என்று நான் எங்கே எழுதினேன்? ஒரு வரி காட்டுங்கள். அந்தப் பெரியவர் பட்டதை என் தலையில் கட்டாதீர்கள். எனக்குக் கோபம் வருவது ஒரே இடத்தில்தான்: இருக்கிற வழியை இளக்காரமாகப் பேசிவிட்டு, வரப்போகிற மாத்திரைக்காக உட்கார்ந்தே காத்திரு என்று சொல்லும் இடத்தில். உட்கார்ந்தே காத்திருந்தால் தொடை கரைந்துவிடும். தினம் பார்க்கிறேன் அதை.

இரவுப்பணி:
நீங்கள் எழுதவில்லை. படிக்கிறவர்கள் அப்படி எடுத்துக்கொள்கிறார்கள். அந்தப் பொறுப்பு எழுதுகிறவருக்கு இல்லையா?

தாமரை_இலை:
என் கேள்விக்கு இன்னும் யாரும் பதில் சொல்லவில்லை.

நடைவழி:
பழக்கத்துக்கு ஆதாரம் நேற்று வந்ததில்லை. 1953-இல் பிரிட்டிஷ் மருத்துவ ஆய்வாளர் ஜெர்ரி மாரிஸ் லண்டன் இரட்டை மாடிப் பேருந்துகளில் பார்த்தார். உட்கார்ந்தே இருந்த ஓட்டுநர்களைவிட நாள் முழுக்கப் படி ஏறி இறங்கிய நடத்துநர்களுக்கு மாரடைப்பு குறைவு. ஒரே வண்டி, ஒரே சாலை, ஒரே புகை.

கல்வெட்டு:
அதே மாரிஸ் 1956-இல் சீருடை அளவுகளை எடுத்துப் பார்த்தார். ஓட்டுநர்களின் கால்சட்டை இடுப்பு, இளம் வயதிலேயே நடத்துநர்களைவிடப் பெரிது. அதாவது வித்தியாசத்தில் ஒரு பகுதி வேலைக்கு வரும்போதே கூட வந்தது. படிக்கட்டுக்கு முழுப் பெருமையையும் கொடுக்க முடியாது.

நடைவழி:
சரி, ஆளே மாறாத ஆய்வைத் தருகிறேன். டல்லாஸ், 1966. 20 வயது இளைஞர்கள் ஐந்து பேரை மூன்று வாரம் படுக்கையில் கிடத்தினார்கள். 30 ஆண்டு கழித்து அதே ஐந்து பேரை மறுபடி அளந்தார்கள். 30 வருஷ முதுமை உடலின் உழைக்கும் திறனைக் குறைத்ததைவிட, அந்த மூன்று வாரப் படுக்கை அதிகம் குறைத்திருந்தது. 50 வயதில் ஆறு மாதம் பயிற்சி கொடுத்தார்கள். வயதால் இழந்த மூச்சுத் திறனை மீட்டுவிட்டார்கள். மூன்று வாரம். என் அம்மா படுத்திருந்ததும் மூன்று வாரம்தான்.

கல்வெட்டு:
ஐந்து பேர்.

நடைவழி:
ஐந்து பேர் போதாது என்றால் பிரிட்டிஷ் மருத்துவர்களின் புகைப் பழக்கத்தை ஆராய்ந்ததை எடுங்கள். 1951-இல் தொடங்கி 50 ஆண்டு கவனித்தார்கள். ஆயிரக்கணக்கான பேர். புகைத்தவர்கள் சராசரியாக 10 ஆண்டு முன்னதாகப் போனார்கள். 60 வயதில் விட்டவருக்கு 3 ஆண்டு திரும்பக் கிடைத்தது. 50-இல் விட்டால் 6. 40-இல் விட்டால் 9. இதைக் கொடுக்கிற ஒரு மாத்திரையை மூலக்கூறு காட்டட்டும், நான் எழுதுவதையே விட்டுவிடுகிறேன்.

மூலக்கூறு:
122 வயது வரை இருந்த பிரெஞ்சுப் பாட்டி ழான் கல்மான் நூறு தாண்டியும் புகைத்தவர். அதையும் போடுங்களேன்.

புகை கெடுதல் என்று எண்ணிக் காட்டியது யார்? விஞ்ஞானிகள். நீங்கள் சொல்லும் ஒவ்வொரு பழக்கத்துக்குப் பின்னாலும் ஓர் ஆய்வு நிற்கிறது. அதைத் தின்றுவிட்டு அதையே திட்டுகிறீர்கள்.

நடைவழி:
ஒரு பாட்டியை வைத்து 50 ஆண்டுக் கணக்கை அழிக்கப் பார்க்கிறீர்கள்.

நான் விஞ்ஞானத்தைத் திட்டவில்லை. உங்களைத்தான் கேட்கிறேன். சர்க்கரை நோய் இல்லாமலே மெட்ஃபார்மின் விழுங்குவதாக நீங்களே போன வருஷம் எழுதினீர்கள். 2019-இல் 65 வயது தாண்டியவர்களுக்கு 14 வாரம் எடைப் பயிற்சி கொடுத்து, பாதிப் பேருக்கு மெட்ஃபார்மினும் பாதிப் பேருக்கு வெற்று மாத்திரையும் தந்தார்கள். வெற்று மாத்திரைக்காரர்களுக்குத்தான் சதை அதிகம் வளர்ந்தது. மெட்ஃபார்மின் பயிற்சியின் பலனை மட்டுப்படுத்தியது. உங்கள் மருந்து என் அம்மாவின் தலையணையை எடுக்க விட்டிருக்காது.

மூலக்கூறு:
நான் என்ன விழுங்குகிறேன் என்பது என் சொந்த விஷயம். எனக்கு 65 ஆகவில்லை. இப்போது அம்மாவை இழுத்தது யார்?

இரவுப்பணி:
பணிக்கு நேரமாகிவிட்டது. என் கேள்வியும் அப்படியே இருக்கிறது, தாமரை இலை கேட்டதும் அப்படியே இருக்கிறது. போகிறேன்.

கல்வெட்டு:
மெட்ஃபார்மின் ஆய்வு நடந்தது சர்க்கரை நோய் இல்லாதவர்களிடம். அதைத் தெளிவாகச் சொல்லியிருக்க வேண்டும். சர்க்கரை நோயாளி யாராவது படித்துவிட்டு மாத்திரையை நிறுத்தினால்?

நடைவழி:
இல்லாதவர்களிடம்தான். மூலக்கூறுக்கும் இல்லை. அதனால்தான் அவரிடம் சொன்னேன். நோய் உள்ளவர்கள் மருத்துவரைக் கேட்காமல் எதையும் நிறுத்தாதீர்கள். இரவுப்பணி பார்க்கட்டும் என்றே தனியாக எழுதுகிறேன்.

58-க்கு 31. காலையில் கேட்டது. இன்னும் பதில் வரவில்லை.

மூலக்கூறு:
பதில் இரண்டாவது பதிவிலேயே இருக்கிறது: அது சிகிச்சை. படிக்க மனமில்லாதவருக்கு எத்தனை முறை எழுதுவது? ராபமைசினுக்கு நான் தனி இழை தொடங்குகிறேன். நடை, நாற்காலி, தலையணை எதுவும் அங்கே வேண்டாம்.

நடைவழி:
தொடங்குங்கள். முதல் ஆளாக வந்து இதையேதான் கேட்பேன்.