கலைச்சொல் வேண்டும்: ஓவனில் சுடும் சீஸ் 'டிப்'

செ. எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். ஓவன் ஒன்றோடு கொடுக்கும் சமையல் கையேட்டைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். வியாழன் இரவுக்குள் கொடுத்தாக வேண்டும். நாற்பது குறிப்புகளில் முப்பத்தொன்பது முடிந்துவிட்டன. ஒன்றில் மட்டும் மூன்று நாளாக நிற்கிறேன்: விருந்துக்குச் செய்யும் சூடான சீஸ் டிப்.

பண்டம் இதுதான். 225 கிராம் கிரீம் சீஸை வெளியே வைத்து இளக விட வேண்டும். அரைக் கோப்பை சவர் கிரீம், ஒன்றரைக் கோப்பை துருவிய செடார், பூண்டு, மிளகுத்தூள் சேர்த்துக் கிளறி, ஆழமில்லாத பாத்திரத்தில் பரப்பி, 180 டிகிரி செல்சியஸில் 20 முதல் 25 நிமிடம் வைக்க வேண்டும். ஓரத்தில் குமிழி கிளம்பி மேலே பொன்னிறம் படர்ந்ததும் எடுத்துவிடலாம். ரொட்டித் துண்டு, சிப்ஸ், நீளமாக நறுக்கிய காய் எதையாவது அதில் விட்டு எடுத்துச் சாப்பிடுவது.

'டிப்' என்பதற்கு ஒரு சொல் வேண்டும். 'பேக்' செய்வதற்கும் ஒன்று. ஓவனின் திரையில் பெயருக்குப் பத்து எழுத்துக்கு மேல் இடமில்லை என்பதையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

க. எழுதியது:

இதற்குத் தமிழில் சொல் காத்துக்கொண்டே இருக்கிறது. 'தோய்' என்ற வினையைப் பாருங்கள். துணியைச் சாயத்தில் தோய்க்கிறோம். பாலையும் தோய்க்கிறோம், மோர் விட்டு இரவில் எடுத்து வைப்பதைப் 'பால் தோய்ப்பது' என்று சொல்லும் வீடுகள் இன்றும் உண்டு. அமிழ்த்துவதற்கும் பாலை உறைய வைப்பதற்கும் ஒரே வினை! சீஸும் உறைந்த பாலிலிருந்து வருவதுதான், அதில் தோய்த்துத்தான் தின்கிறோம். 'தோயல்' என்று வைத்தால் செய்பொருளும் தின்னும் முறையும் ஒன்றாக வந்துவிடுகின்றன.

சீஸையும் அப்படியே விடக் கூடாது. பாலாடைக்கட்டி பிழையான சொல். பாலாடை என்பது காய்ச்சிய பாலின் மேல் படியும் ஏடு. சீஸ் அந்த ஏட்டிலிருந்து வருவதில்லை. பாலைத் திரைய வைத்து, நீரை வடித்து, எஞ்சும் கட்டியிலிருந்து வருகிறது. பாற்கட்டி என்பதே சரி. லத்தீனில் சீஸுக்குக் கேசியஸ் என்று பெயர். பாலின் புரதத்தைக் கேசீன் என்பது அதிலிருந்து வந்ததுதான். கேசியஸுக்கும் நம் 'காய்ச்சு'க்கும் உறவு இருக்க வேண்டும் என்று நெடுநாளாக நினைக்கிறேன். விரிவாகத் தனி மடலில் எழுதுகிறேன்.

வே. எழுதியது:

க. சொன்ன 'தோயல்' கேட்க அழகாக இருக்கிறது. ஆனால் இலக்கணம் இடிக்கிறது. வற்றல், பொரியல், வறுவல் எல்லாம் தொழிலாகுபெயர். 'வற்றல் தின்றான்' என்று எல்லாரும் பள்ளியில் படித்ததுதான். வற்றியது எதுவோ அது வற்றல், பொரிந்தது எதுவோ அது பொரியல். அந்தக் கணக்கில் தோய்ந்தது எதுவோ அதுவே தோயல். இங்கே தோய்வது ரொட்டித் துண்டு அல்லவா? 'தோயல் கொண்டு வா' என்றால் நனைந்த ரொட்டிதான் வரும். கிண்ணத்தில் இருப்பது தோய்க்க இடம் கொடுக்கிறதே தவிர, தானாக எதிலும் தோயவில்லை.

காய்ச்சு, கேசியஸ் விஷயத்தில் என் கருத்து இது: ஒலி ஒத்திருப்பது மட்டும் உறவுக்குச் சான்றாகாது. ஒலி மாற்றம் ஒரு சொல்லில் அல்ல, பல சொற்களில் ஒழுங்காக வர வேண்டும். அந்தத் தனி மடலை வியாழனுக்குப் பிறகு வைத்துக்கொள்வோம்.

ம. எழுதியது:

நான் சமையல் சொல்லிக்கொடுப்பவள். சொல்லை விவாதிக்கும் முன் பண்டத்தைப் பார்த்துவிடலாம் என்று செ. கொடுத்த அளவிலேயே நேற்று மாலை இரண்டு கிண்ணம் செய்தேன்.

முதல் கிண்ணம் 22 நிமிடத்தில் சரியாக வந்தது. ஓரத்தில் சின்னச் சின்னக் குமிழி எழுந்து உடைந்தது, நடுவில் மட்டும் அசைவில்லை. எடுத்ததும் முதல் சிப்ஸ் வழுக்கிக்கொண்டு உள்ளே போனது, தூக்கும்போது நூல் நூலாக இழுத்தது. பத்து நிமிடம் கழித்து மேலே மெல்லிய தோல் படிந்துவிட்டது. அடுத்த சிப்ஸ் உள்ளே போகாமல் ஒடிந்து, பாதித் துண்டு கிண்ணத்திலேயே குத்திட்டு நின்றது. அப்புறம் எல்லாரும் தடித்த ரொட்டித் துண்டை எடுத்து அள்ளினார்கள், ஓரத்தில் ஒட்டியதைச் சுரண்டினார்கள். தோய்ப்பது முதல் ஐந்து நிமிடத்துக்கு மட்டும்தான். அதன்பின் கை செய்வது அள்ளுவது. சொல்லில் அது இருக்க வேண்டும்.

இரண்டாவது கிண்ணத்தை வேண்டுமென்றே 40 நிமிடம் விட்டேன். மேலே மஞ்சள் நெய் தேங்கி, அடியில் ரப்பர் மாதிரி ஆகிவிட்டது. சூடு மிஞ்சினால் கேசீன் வலை இறுகி, தன்னிடம் இருக்கும் கொழுப்பையும் நீரையும் பிழிந்து வெளியே தள்ளிவிடும். இதில்தான் செ.வுக்கு ஒரு எச்சரிக்கை. உங்கள் வரைவில் 'எண்ணெய் பிரியும் முன் எடுத்துவிடவும்' என்று இருக்கிறது. தமிழில் சமைக்கிற யாருக்கும் 'எண்ணெய் பிரிவது' பக்குவம் வந்ததற்கு அடையாளம். அந்த வரியைப் படிப்பவர் சரியான நேரத்தில் எடுக்கத் தயங்கி, இன்னும் கொஞ்சம் விடுவார். 'கொழுப்பு கக்கும் முன்' என்று மாற்றுங்கள். கக்குவது என்றாலே கெட்டுப்போனது என்று புரியும். டிப்புக்குச் சொல் கிடைக்காவிட்டாலும் இதை விட்டுவிடாதீர்கள்.

செ. எழுதியது:

ம. அக்கா, உடனே மாற்றிவிட்டேன். மிக்க நன்றி. அந்த வரியை ஏழு முறை படித்திருக்கிறேன், ஒரு முறைகூடத் தோன்றவில்லை.

ஞா. எழுதியது:

அள்ளுவதும் சுரண்டுவதும் வர வேண்டும் என்றால் 'தொடு' போதும். 'தொட்டுக்கொள்ள என்ன இருக்கிறது?' என்று தினமும் கேட்கிறோம். அதே தொடுவுக்குத் தோண்டுதல் என்ற பொருளும் உண்டு. 'தொட்டனைத் தூறும் மணற்கேணி' என்ற குறளில் (396) தொடுவது என்றால் தோண்டுவதுதான். கிண்ணம் சூடாக இருக்கையில் தொடுதல், ஆறியபின் தோண்டுதல். ம. அவர்கள் பார்த்த இரண்டும் ஒரு சொல்லில் வந்துவிட்டன. 'தொடுகறி' என்ற சொல் அகராதியிலேயே இருக்கிறது, புதிதாக ஆக்கக்கூட வேண்டாம்.

பேக் செய்வதற்கு 'வெதுப்பு' எடுத்துக்கொள்ளலாம். ஈழத்தில் வெதுப்பகம் என்பது பழகிப்போன சொல்.

இ. எழுதியது:

வெதுவெதுப்பு என்றால் கை பொறுக்கும் சூடு. 180 டிகிரிக்கு வெதுப்பு என்று போட்டால் புதிதாகப் படிப்பவர் மிதமான சூடு என்று எடுத்துக்கொள்வார்.

எனக்கு அடிப்படையிலேயே ஒரு கேள்வி இருக்கிறது. ஓவன், கிரீம், சிப்ஸ் மூன்றையும் அப்படியே விட்டுவிட்டு டிப் ஒன்றை மட்டும் ஏன் துரத்துகிறோம்? கையேட்டைப் படிப்பவர் ஒரு கையில் கரண்டியோடு, விருந்தாளி வருவதற்குள் முடிக்க வேண்டும் என்ற அவசரத்தில் நிற்கிறார். அவர் நின்று யோசிக்கும்படி ஒரு சொல் போடுவது அவருக்குச் செய்யும் உதவி இல்லை. டிப் இரண்டே எழுத்து. எல்லாருக்கும் புரியும்.

க. எழுதியது:

எழுத்து இரண்டுதான், ஆனால் இறுதியில் ஒற்றோடு நிற்கும் சொல். தமிழ்ச் சொல் வல்லின ஒற்றில் முடியாது; எழுதினாலும் வாய் 'டிப்பு' என்றுதான் சொல்லும். மொழிமுதலில் டகரமும் வராது. ஒரே சொல்லில் இரண்டு முறிவு.

புரியாது என்பது பழைய வாதம். பேருந்தும் கணினியும் வந்தபோதும் இதையே சொன்னார்கள். இன்று எழுத்தில் அவற்றைப் பார்த்து யாரும் நின்று யோசிப்பதில்லை.

இ. எழுதியது:

பேருந்தைத் தினமும் படிக்கிறார்கள், அதனால் பழகியது. இது எப்போதோ ஒரு விருந்துக்குத் திறக்கிற பக்கம். பழகுவதற்கு வாய்ப்பே இல்லாத சொல்லுக்கு முதல் பார்வையிலேயே புரிந்தாக வேண்டும்.

வே. எழுதியது:

இ. சொல்வதில் நியாயம் இருக்கிறது. அதனால்தான் புரிகிற வேர்களை வைத்து வினைத்தொகையாக ஆக்கலாம் என்கிறேன். வினைத்தொகையில் தொழிலாகுபெயரின் சிக்கல் கிடையாது. ஊறுகாயில் காய்தான் ஊறுகிறது. குடிநீரில் நீர் குடிப்பதில்லை, குடிக்கப்படுகிறது. ஆடுகளத்தில் களம் ஆடுவதில்லை, அது ஆடும் இடம். பெயர் வினையோடு எந்த உறவிலும் நிற்கலாம்.

தொடுகறி நல்ல சொல்தான். ஆனால் கறி என்றதும் இன்று பாதிப் பேர் இறைச்சியை நினைப்பார்கள். குழைய வைத்த பண்டம் என்பதால் 'தொடுகுழை' என்கிறேன். 'சீஸ் தொடுகுழை' திரையிலும் அடங்கிவிடும்.

ம. எழுதியது:

'தொடுகூழ்' என்றால் என்ன? 'சிறுகை அளாவிய கூழ்' (குறள் 64) எனக்குப் பிடித்த வரி. பல கைகள் ஒரே கிண்ணத்தில் போகும் பண்டத்துக்கு அதைவிடப் பொருத்தம் எது? ஆனால் கையேட்டில் 'கடித்த முனையை மறுபடி விடாதீர்கள்' என்ற வரியும் இருக்கட்டும். சிறிய தட்டும் கரண்டியும் பக்கத்தில் வைத்து, அவரவர் பங்கை எடுத்துக்கொள்வது நல்லது. அறைச் சூட்டில் 2 மணி நேரத்துக்கு மேல் வைக்கவும் கூடாது. வைக்க வேண்டுமானால் 60 டிகிரிக்குக் குறையாத சூட்டில் இருக்க வேண்டும்.

ஞா. எழுதியது:

குறளில் கூழ் என்றால் உணவு. இன்று கூழ் என்றால் கரைத்துக் குடிப்பது. பரப்பிச் சுட்ட கெட்டியான பண்டத்துக்கு அது நிற்காது, ம. அவர்களே. நான் தொடுகுழைக்கு வருகிறேன்.

க. எழுதியது:

குறுந்தொகை 167ஐ யாரும் நினைக்கவில்லையே. 'முளிதயிர் பிசைந்த காந்தள் மெல்விரல்' என்று தொடங்கும் கூடலூர் கிழார் பாட்டு. கெட்டித் தயிரை விரலால் பிசைகிறாள், பிசைந்த கையை ஆடையிலேயே துடைத்துக்கொள்கிறாள், தாளிப்பின் புகை கண்ணில் படிகிறது. 'தான் துழந்து அட்ட தீம்புளிப் பாகர்' என்று அந்தப் பண்டத்துக்குப் பெயரும் கிடைக்கிறது. உறைந்த பால், பிசைதல், கிளறுதல், அடுதல், புளிப்பு. செ. கொடுத்த குறிப்பின் படிகள் எல்லாம் இதில் இருக்கின்றன. கணவன் 'இனிது' என்று உண்டதும் அவள் முகத்தில் நுண்ணிதாக ஒரு மகிழ்ச்சி. விருந்துக்குச் சமைத்தவர் யாருக்கும் அந்த முகம் தெரியும். தோயல் வேண்டாம் என்றால் 'பாகர்' எடுங்கள். பேக் செய்வதற்கு 'அடு' இருக்கிறது, அடுப்பும் அடுமனையும் அதிலிருந்து வந்தவைதான்.

தொடுகுழையை மட்டும் ஏற்க முடியாது. குழை என்றால் காதணி. 'கனங்குழை மாதர்கொல்' என்ற குறளை (1081) படித்தவர் தொடுகுழை என்றதும் ஒரு பெண்ணைத்தான் நினைப்பார்.

வே. எழுதியது:

பாட்டைப் படித்ததும் காலை நன்றாகப் போயிற்று. ஆனால் பாகர் என்றால் இன்று யானைப் பாகர். கையேட்டில் 'பாகரை 25 நிமிடம் அடவும்' என்று வந்தால் செ.வின் நிலையை எண்ணிப் பாருங்கள்.

செ. எழுதியது:

வியாழன் மாலை ஆகிவிட்டது. தொடுகுழைக்கு வே., ஞா., அரை மனதோடு ம. டிப்புக்கு இ. தோயலுக்கும் பாகருக்கும் க. திரையில் 'சீஸ் தொடுகுழை' என்று போட்டிருக்கிறேன். இ. சொன்னது மனதில் உறுத்திக்கொண்டே இருந்ததால், கையேட்டில் தலைப்புக்குக் கீழே 'ரொட்டித் துண்டால் தொட்டுத் தின்னும் சூடான டிப்' என்று ஒரு வரி சேர்த்துவிட்டேன். வெதுப்பு, அடு இரண்டும் ஒத்துவரவில்லை. 'ஓவனில் வைத்துச் சுடவும்' என்றே விட்டிருக்கிறேன். பாற்கட்டியைச் சேர்மானப் பட்டியலில் சீஸுக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறேன். கோப்பு போய்விட்டது.

க. எழுதியது:

பாற்கட்டிக்கு நன்றி. பதிவுக்காகச் சொல்லி வைக்கிறேன்: என் வாக்கு இன்னும் தோயலுக்குத்தான். இரண்டாம் பதிப்பு வந்தால் ஒரு முறை வைத்துப் பாருங்கள். கேசியஸ் மடலை ஞாயிறு அனுப்புகிறேன்.